தாசில்தார், பட்டுச்சேலைப் பிரிவு

ஜவுளிக்கடையில் சேலை விற்பது சுலபம். வாங்காமல் போனவர்கள் விரித்துப் போட்டுவிட்டுப் போன சேலைகளை மடிப்பதுதான் உத்தியோகம். காலையில் கவுண்டருக்குள் ஏறி நின்றால் ஷட்டர் இறங்கும்வரை முழங்கால் மடங்காத சக ஊழியர்களே, உங்களுக்கு நான் புதிதாக எதையும் சொல்லிவிடப் போவதில்லை. கடை ஊழியர்கள் உட்கார ஸ்டூல் போட வேண்டும் என்று சட்டம் வந்தது. எங்கள் கடையிலும் ஸ்டூல் வந்தது. அதன்மேல் சேலைக் கட்டுகள் சௌகரியமாக உட்கார்ந்திருக்கின்றன. காலில் நரம்பு சுருட்டிக்கொள்வது, பாதிச் சோற்றில் கைகழுவிவிட்டு ஓடி வருவது, யார் எந்தச் சேலையைத் தோளில் போட்டாலும் 'உங்களுக்கு எடுப்பா இருக்குக்கா' என்று கூசாமல் சொல்வது எல்லாம் எனக்கும் உண்டு. கூடுதலாக ஒன்று உண்டு. என் பெயர் தாசில்தார்.

பட்டப்பெயர் இல்லை. பிறப்புச் சான்றிதழ், ஆதார், பள்ளிக்கூட டி.சி. எல்லாவற்றிலும் அதுதான். 'வைத்ததுதான் வைத்தார், கலெக்டர் என்று வைத்திருக்கக் கூடாதா?' என்று கேட்காத ஆள் இல்லை. என் அப்பா சேரன்மகாதேவிப் பக்கம் வயல்வேலை பார்த்தவர். கலெக்டரை அவர் பார்த்ததில்லை. தாசில்தாரைப் பார்த்திருக்கிறார், அதுவும் பெரும்பாலும் ஜீப்பின் பின்பக்கத்தை. மகனாவது அந்த ஜீப்பின் முன்சீட்டில் உட்கார வேண்டும் என்று ஆசைப்பட்டுத்தான் இந்தப் பெயரை வைத்தார் என்று நான் வெகுகாலம் நம்பியிருந்தேன். பெரிய அளவுச் சட்டையாக வாங்கிப் போட்டுவிட்டு 'வளந்தா சரியாயிரும்' என்பார்களே, அப்படி ஒரு பெயர்.

நேர்முகத் தேர்வு

டவுனில் இருக்கும் கடை. பெயர் வேண்டாம், சம்பளம் அங்கேதான் வருகிறது. பி.காம். சான்றிதழைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு எடுத்துக்கொண்டு போயிருந்தேன். மேனேஜர் அதைத் திறக்கவே இல்லை. ஆதார் அட்டையை வாங்கி முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தார். பெயரை நகத்தால் சுரண்டிக்கூடப் பார்த்தார். அப்புறம் கேஷ் கவுண்டரில் இருந்தவரையும், பில் போடும் பெண்களையும், காபி கொண்டுவந்த ஆளையும் கூப்பிட்டு வரிசையாக நிற்க வைத்தார்.

"எங்க, உன் பேரச் சொல்லு" என்றார். சொன்னேன். சிரித்தார்கள். பிந்தி வந்த இரண்டு பேருக்காக இன்னொரு தடவை சொல்லச் சொன்னார். சொன்னேன். வேறு கேள்வியே இல்லை. வேலை கிடைத்துவிட்டது. படிப்புக்குத்தான் மரியாதை என்று நினைத்துக்கொண்டு நான் சான்றிதழை உறைக்குள் சரிசெய்துகொண்டிருந்தபோது, அவர் என் முன்னாலேயே முதலாளிக்குப் போன் போட்டார்.

"அண்ணாச்சி, ஒரு பயல எடுத்திருக்கேன். வேலை தெரியுமான்னு கேக்கல. பேரு தாசில்தாராம். நீங்க வரும்போது உங்க செருப்ப எடுத்து ஓரமா வைக்கச் சொல்லுதேன், பாத்து ரசிங்க!"

கல்யாணப் பட்டு

எல்லாருக்கும் சட்டைப்பையில் குத்தும் பேட்ஜ் ஒரே அளவு. எனக்கு மட்டும் பெரிய எழுத்தில் அடித்துக் கொடுத்தார்கள். வேடிக்கை பார்க்கவே ஆட்கள் வந்தார்கள். பட்டுப் பிரிவுக்கு என்னை மாற்றியதும் அதனால்தான்.

ஒரு நாள் அம்பாசமுத்திரம் பக்கத்திலிருந்து ஒரு குடும்பம் வந்தது. அப்பா, அம்மா, கல்யாணம் நிச்சயமான பெண். அந்த மனிதர் என் பேட்ஜை எழுத்துக் கூட்டிப் படித்தார். படித்துவிட்டு, நாற்காலியை இழுத்துப் போட்டுச் சம்மணமே போடாத குறையாக உட்கார்ந்தார். அரக்கு, மாம்பழ மஞ்சள், கிளிப்பச்சை என்று விரிக்க விரிக்க, 'அது வேண்டாம், மேல் அடுக்கில இருக்கத எடும்' என்றார். ஏணியில் ஏறினேன். இறங்கினேன். 'அதுக்குப் பக்கத்துல இருக்கது' என்றார். மறுபடியும் ஏறினேன். அந்த அம்மாவுக்கு இரண்டு சேலை பிடித்திருந்தது. மனிதர் அவளைப் பேசவே விடவில்லை. பெண் குனிந்துகொண்டு 'அப்பா, போதும்ப்பா' என்றாள். கடை கொடுத்த காபியை ஊதி ஊதிக் குடித்தார். கவுண்டரில் சேலை என் மார்பு உயரத்துக்குக் குவிந்துவிட்டது. கடைசியில் வேட்டியை உதறிக்கொண்டு எழுந்தார். முகத்தில் அப்படி ஒரு திருப்தி.

"பட்டா மாத்தணும்னு ரெண்டு வருசமா நடக்கேன். நாளைக்கு வா, நாளைக்கு வான்னு வெரட்டுதான். இன்னைக்கு ஒரு தாசில்தாரு என் சொல்லுக்கு ஏணியில ஏறி எறங்குனதப் பாத்துட்டேன், அது போதும். சேலைய அடுத்த கடையில எடுத்துக்கிடுதோம். நீரு பையப் பைய மடிச்சு வையும்வே."

அசல்

ஆடித் தள்ளுபடி சமயத்தில் ஒரு நிஜத் தாசில்தார் மனைவியோடு கடைக்கு வந்தார். எங்கள் மாடிக்குச் சூப்பர்வைசர் முத்துராஜ் என்று ஒருவர். அவருக்கு முக்கியஸ்தர்களின் முகமெல்லாம் மனப்பாடம். படியில் தலை தெரிந்ததுமே ஓடி வந்து என் சட்டையிலிருந்து பேட்ஜைப் பிடுங்கித் தன் பாக்கெட்டில் போட்டுக்கொண்டார். ஊக்கு என் நெஞ்சில் கீறிவிட்டது. "வாயத் தொறக்காத. ஐயா மனசு சங்கடப்படும்" என்றார். என் மனசு என்று ஒன்று இருப்பது அவருக்குத் தோன்றவில்லை.

பக்கத்து கவுண்டரில் ஜாக்கெட் துணி வெட்டும் ராணிக்கு இது ஒன்றும் தெரியாது. பழக்கத்தில், "தாசில்தார் அண்ணே, அந்தக் கத்திரியைக் கொஞ்சம் குடுங்க" என்று கூவிவிட்டாள். வந்தவர் திரும்பிப் பார்த்தார். முத்துராஜுக்கு வேர்த்துவிட்டது. இன்றோடு வேலை போயிற்று என்று நானும் நினைத்தேன். அந்த மனிதர் கோபப்படவில்லை. வந்ததிலிருந்து அவர் சேலையையே பார்க்கவில்லை. போனில் மேலதிகாரி யாரிடமோ 'சரி சார், சரி சார்' என்று சொல்லிக்கொண்டே இருந்தார். போனை வைத்துவிட்டு என்னைப் பக்கத்தில் கூப்பிட்டு, மனைவிக்குக் கேட்காத குரலில் சொன்னார்.

"பேரை மாத்திக்கோ தம்பி. இந்தப் பேரைச் சொல்லி வாழ்த்துன ஆள் ஒருத்தரையும் என் சர்வீஸ்ல நான் பாத்ததில்லை."

வாட்ச்மேன்

கடை வாசலில் ஆறுமுகம் அண்ணன். தினமும் காலையில் நான் சைக்கிளை நிறுத்தும்போது விறைப்பாக ஒரு சல்யூட் வைத்து, "ஐயா, என் பட்டா என்னாச்சு?" என்பார். "பைலு மேசையில இருக்கு, நாளைக்கு வாரும்" என்பேன். இரண்டு பேரும் சிரிப்போம். என் பெயரை வைத்து விளையாடியவர்களில் எனக்கு வலிக்காமல் விளையாடியவர் அவர் ஒருவர்தான். அவருக்கு நிஜமாகவே பட்டா கிடையாது. குளத்தங்கரையில், அவருடைய அப்பா காலத்திலிருந்து இருக்கிற வீடு.

ஒரு வாரம் ஆளைக் காணவில்லை. குளத்து ஆக்கிரமிப்பை அகற்றுகிறோம் என்று இயந்திரத்தோடு வந்து அந்த வரிசையையே இடித்துவிட்டார்கள் என்று ராணி சொன்னாள். பெண்டாட்டி பிள்ளைகளை மச்சினன் வீட்டில் விட்டுவிட்டு அவர் திரும்ப வேலைக்கு வந்தார். தேய்க்காத யூனிபார்ம். நான் சைக்கிளை நிறுத்தினேன். வழக்கம்போல் சல்யூட் வைத்தார். சிரிப்பை மட்டும் காணோம். நான் விறுவிறுவென்று படியேறிப் போய்விட்டேன். அவர் கேட்டது வழக்கமான கேள்விதான்.

"ஐயா, என் பட்டா என்னாச்சு?"

பரீட்சை

நிஜத் தாசில்தார் சொன்னபடி பெயரை மாற்றிக்கொள்ளாததற்கு ஒரே காரணம் அப்பா. அவருடைய ஆசையை எப்படி அழிப்பது? அழிக்காமல் இருப்பதற்காக வருஷா வருஷம் அரசுப் பரீட்சை எழுதினேன். தேறினாலும் முதலில் கிளார்க்குதான், தாசில்தார் ஆவதற்குள் தலை நரைத்துவிடும் என்பது எனக்குத் தெரியும். இருந்தாலும் எழுதினேன். காலையில் சைக்கிளை எடுக்கும்வரை படிப்பேன். மத்தியானம் குடோனில் சேலைக் கட்டுகளுக்கு நடுவில் படிப்பேன். பரீட்சை ஹாலில் மேற்பார்வைக்கு வரும் டீச்சர்கள் என் ஹால்டிக்கெட்டை ஒருவருக்கொருவர் காட்டிச் சிரிப்பார்கள். அதையும் பொறுத்துக்கொண்டு எழுதுவேன்.

துபாயில் மச்சான் பிடித்துக் கொடுத்த வேலையை, பரீட்சை இருக்கிறது என்று விட்டேன். பேசி வைத்திருந்த பெண்ணை 'அடுத்த வருஷம், அடுத்த வருஷம்' என்று இழுத்தடித்தேன். அவள் வேறு வீட்டுக்குக் கல்யாணமாகிப் போனாள். இந்தத் தடவை ரிசல்ட் வந்தபோது கவுண்டரில் நின்று மடித்துக்கொண்டிருந்தேன். போனைப் பார்த்தேன், என் எண் இல்லை. இன்னொரு தடவை கீழிருந்து மேலாகப் பார்த்தேன். அப்போதும் இல்லை. இனிமேல் எழுதுவதில்லை என்று அங்கேயே முடிவு செய்தேன். அதை அப்பாவிடம் எந்த வாயால் சொல்வது என்று நினைத்துக்கொண்டே, மடித்த சேலையையே மறுபடியும் விரித்து மடித்தேன். ராணி என் முகத்தைப் பார்த்தாள். கத்திரியைக் கீழே வைத்தாள்.

"விடுங்கண்ணே. பேரு மாதிரியே எல்லாம் நடக்கும்னா, ராணின்னு பேரு வச்ச நான் எதுக்கு இங்கன நின்னு ஜாக்கெட் பிட்டு வெட்டுதேன்?"

அப்பா வந்த நாள்

அப்பாவுக்கு வேண்டிய வேட்டி துண்டையெல்லாம் நானேதான் வாங்கிக்கொண்டு போவேன். கடைப் பக்கம் அவரை வரவிட்டதே இல்லை. அவருடைய மகனை இங்கே எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்று அவர் பார்க்கக் கூடாது. ஆனால் பங்குனி உத்திரத்துக்குச் சாஸ்தா கோயிலுக்குப் போக வேட்டி வேண்டுமென்று, சொல்லாமல் கொள்ளாமல் ஒரு நாள் வந்து நின்றுவிட்டார். முத்துராஜ் மாடிப்படியில் நின்று கத்தினார். "ஏலே தாசில்தாரு! உங்கப்பா வந்திருக்காருலே, எறங்கி வா!"

அப்பாவை உட்கார வைத்து வேட்டியை எடுத்துப் போட்டேன். முத்துராஜ் சும்மா இருக்கவில்லை. "ஏலே தாசில்தாரு, அந்தக் கட்ட மேல கொண்டு போ." "ஏலே தாசில்தாரு, கீழ கெடக்க கவரையெல்லாம் பொறுக்குலே." குனிந்து பொறுக்கினேன். அப்பா இருந்த பக்கம் நான் திரும்பவே இல்லை. அவமானத்தில் கண் கலங்கிக்கொண்டு வந்தது. யாரோ பலமாகச் சிரிக்கிற சத்தம் கேட்டு நிமிர்ந்தேன். சிரித்தது அப்பாதான். வெற்றிலை வாய் முழுக்கத் தெரியும்படி, தொடையில் தட்டிக்கொண்டு சிரித்தார். போதாததற்கு அவரும் ஒரு குரல் கொடுத்தார். "ஏலே தாசில்தாரு, அந்தப் பச்சைக்கரையக் காட்டு!" கடையே சிரித்தது.

பஸ் ஏற்றிவிடக் கூடவே போனேன். அவர் எதற்குச் சிரித்தார் என்று எனக்குப் புரியவில்லை. மனசில் இருந்ததை முதலில் இறக்கி வைத்துவிடலாம் என்று, "அப்பா, பரீட்சை இந்தத் தடவையும் போச்சு. இனிமே எழுதல. நீங்க ஆசப்பட்டுப் பேரு வச்சிய, என்னால முடியல" என்றேன். அவர் நடையை நிறுத்தினார். நிஜமான ஆச்சரியம் முகத்தில். நான் சின்னப் பையனாக இருந்தபோது, வாய்க்கால் கரையில் நின்று ஊரே கேட்கும்படி 'ஏலே தாசில்தாரு' என்று கூப்பிடுவார். பெருமையில் கத்துகிறார் என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு ஓடுவேன். இப்போதும் அதே குரலில்தான் பேசினார்.

"உன்னைய யாருலே தாசில்தாரு ஆகச் சொன்னா? நீ உங்கம்ம வயித்துல இருக்கும்போது, வீட்டுமனைப் பட்டாவுக்கு அவளையும் கூட்டிக்கிட்டு ஆபீசுக்குப் போனேன். வராண்டாவுல நின்னோம். உள்ள இருந்து தாசில்தாரு வந்தாரு. 'ஏலே, தள்ளி நில்லுலே'ன்னாரு. உங்கம்ம முன்னால. அவர நான் திருப்பி ஏலேன்னு கூப்பிட முடியுமா? நீ பொறந்த, பேர வச்சேன். அன்னையில இருந்து தெனமும் கூப்பிடுதேன், மனசு ஆறுதுல்லா. இன்னைக்கு உன் கடையில அத்தன பேரு கூப்பிடுதானுவ. எனக்கு எம்புட்டுச் சந்தோசமா இருந்துச்சு தெரியுமா?"

பஸ் வந்தது. வேட்டிப் பொட்டலத்தைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஏறிப் போனார். அவர்மேல் எனக்கு வந்த கோபம் இன்னும் ஆறவில்லை. அவரைத் தள்ளி நிற்கச் சொன்ன ஆள்மேல் வந்த கோபம் அதைவிட ஆறவில்லை.

தாசில்தார் நாற்காலியில் உட்காரப் பிறந்தவன் என்று நம்பி இத்தனை வருஷத்தை வீணடித்தேன், நாற்காலிக்காரர் வாங்க வேண்டிய திட்டை வாங்கத்தான் பிறந்திருக்கிறேன் என்று தெரிந்த பிறகு பார்த்தால், அந்த உத்தியோகத்தைப் பரீட்சை எழுதாமலே பிறந்த நாளிலிருந்து லீவு போடாமல் பார்த்து வந்திருக்கிறேன்.