மதினியின் கைக்குத் தெரிந்த கொழுந்து

எங்கள் தோட்டத்தில் கொழுந்து பறிப்பதில் என் மதினியை மிஞ்ச ஆளில்லை என்று நான் சொன்னால், சொந்தக்காரி பெருமை பேசுகிறாள் என்பீர்கள். என்னை விடுங்கள். எங்கள் கங்காணி ஒரு பெண்ணைப் பாராட்டி யாரும் கேட்டதில்லை. அவரே, "அந்தப் புள்ள கையில கண்ணு இருக்கு" என்று சொல்லியிருக்கிறார். வாய்க்கு வந்ததைச் சொன்னார் மனுஷன். அது அப்படியே நடக்கும் என்று அவருக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

பூண்டுலோயாவுக்கு மேலே இருந்தது எங்கள் தோட்டம். ஐம்பதுகளின் கடைசி. மதினி என்றால் என் அண்ணன் மனைவி. ஒரே லயத்து வரிசை வீடுகளில் அவர்களுக்கு ஒற்றை அறைக் காம்பரா ஒன்று, பக்கத்துக் காம்பரா எனக்கும் என் வீட்டுக்காரருக்கும். அந்த வருஷத்து மழையில் மதினிக்குக் காய்ச்சல் வந்து நடுங்கிக்கொண்டு கிடந்தாள். காலையில் வேலைக்குக் கிளம்பும்போது, அடுப்பிலிருந்த தணலை ஒரு பழைய வாளியில் அள்ளி அவள் தலைமாட்டில் வைத்தேன். கதவுக்குக் கீழே காற்று வரும் என்று சாக்கை மடித்துத் திணித்துவிட்டும் போனேன். குளிருக்கு லயத்தில் எல்லோரும் செய்கிற வேலைதான் அது. பகல் சோற்றுக்கு வந்து கதவைத் தள்ளினால், கூப்பிட்ட குரலுக்கு அவளிடம் அசைவில்லை.

தூக்கி வெளியே போட்டோம். தோட்டத்து லொறியில் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். மூன்று வாரம் கழித்து நடந்தேதான் வந்தாள். பேச்சு, சிரிப்பு, கோபம் எல்லாம் பழையபடியே இருந்தன. வந்த அன்றைக்கு ஒரு டம்ளரை அவள் முன்னால் நீட்டி, "தேத்தண்ணி ஊத்தவா மதினி?" என்றேன்.

"எதுல?"

"இந்தா, இதுலதான்."

"பளபளன்னு வெள்ளையா ஒண்ணு தெரியுது புள்ள. என்னான்னுதான் தெரியல."

விளையாடுகிறாள் என்று நினைத்துத் தேத்தண்ணியை ஊற்றி நீட்டினேன். நேராகக் கையை நீட்டி, சூடு படாமல் விளிம்பைப் பிடித்து வாங்கிக்கொண்டாள். வாங்கிய பிறகு தடவிப் பார்த்து, "அட, டம்ளரு" என்றாள்.

அவளுக்கு நிறம் தெரிந்தது. அசைவு தெரிந்தது. உருவம் மட்டும் பிடிபடவில்லை. கட்டின புருஷனே வந்து நின்றாலும், "நீலச் சட்டை வந்திருக்கு, யாருன்னு வாயத் தொறக்கச் சொல்லு" என்பாள். ஒருநாள் அண்ணனுக்குச் சுட்டு வைத்த ரொட்டியை, நீலச் சட்டை போட்டிருந்த கடைசிக் காம்பராக்காரருக்குக் கொடுத்துவிட்டாள். அந்த ஆளும் கடைசி வரைக்கும் வாயைத் திறக்கவில்லை, தின்பதற்குத் தவிர. அன்றிலிருந்து அண்ணன் வாசலில் நின்று இருமிவிட்டுத்தான் உள்ளே வருவார்.

சிரித்தோம்தான். ஆனால் அவளுக்கு ஒரே பயம் இருந்தது, பேர் போய்விடுமோ என்று. வேலைக்கு உதவாத ஆளுக்கு, கணக்கு முடிந்தது என்று பத்துச்சீட்டைக் கையில் கொடுத்து, ஆள் பதிகிற செக்ரோலில் பேரை வெட்டிவிடுவார்கள். "இந்த மலையில என்னை ஒரு ஆளுன்னு காட்டுறது அந்தப் பேருதான் புள்ள. அதையும் வெட்டிட்டா நான் யாரு?" என்பாள்.

நாலாம் நாள் கூடையை மாட்டிக்கொண்டு வந்துவிட்டாள். பக்கத்து நிரையில் நான். அன்றைக்கு அவள் பட்ட பாடு இருக்கிறதே! ஒவ்வொரு செடியாகக் குனிந்து முறைத்துப் பார்ப்பாள். இது இரண்டு இலையா, மூன்று இலையா, குருத்து எங்கே என்று தேடுவாள். தேடத் தேடக் கை தடுமாறியது. மடுவத்தில் கொழுந்து நிறுக்கும்போது கங்காணி அவள் கூடையைச் சாக்கில் கொட்டி, முற்றல் இலையாக ஒரு கை அள்ளிக் காட்டினார்.

"இது ஆட்டுக்குப் போடுறதா, பெக்டரிக்குப் போடுறதா? நாளைக்கும் இப்படின்னா கண்டாக்கையாகிட்ட சொல்லிருவேன், ஆமா."

மறுநாள் காலையில் மதினி வாய் பேசாமல் நிரையில் நின்றாள். எனக்கோ சும்மா இருந்தால் மூச்சு முட்டும். தண்ணீர் பிடிக்கிற பீலிக்கரையில் முந்தின நாள் நடந்த குடத்துச் சண்டையை எடுத்துவிட்டேன். யார் யாரை என்ன சொன்னாள், யார் குடம் யார் காலில் விழுந்தது, எல்லாவற்றையும் குரல் மாற்றிச் சொன்னேன்.

"அவ அப்படிச் சொல்லியிருக்க மாட்டா. நீ சேத்துச் சொல்ற" என்று மதினி சண்டைக்கு வந்தாள்.

திரும்பிப் பார்த்தேன். அவள் கண் செடிமேல் சும்மா கிடக்கிறது, வாய் என்னோடு மல்லுக்கு நிற்கிறது, கை இரண்டும் பழைய வேகத்தில் போகிறது. இரண்டு இலையும் குருத்துமாகக் கிள்ளிக் கிள்ளிப் பின்னால் போடுகிறாள். ஆச்சரியத்தில் பேச்சை நிறுத்திவிட்டேன். அவளும் நிறுத்தினாள். கையில் இருந்ததைக் கண்ணுக்கு நேரே பிடித்து என்னவென்று தேடினாள். அடுத்த கிள்ளலில் முற்றல் இலை வந்தது.

விஷயம் எனக்குப் பிடிபட்டது. அன்று பொழுது சாயும் வரை நான் வாயை மூடவில்லை.

கூடையைக் கொட்டியபோது கங்காணி குனிந்து கிளறிக் கிளறிப் பார்த்தார். குறை ஒன்றும் கிடைக்காததே அவருக்குக் குறையாகிவிட்டது. "நேத்துக் கண்ணு தெரியலயாம், இன்னிக்குத் தெரியுதாம். நடிக்கிறா ஐயா" என்று, தனக்கு மேலே மலையை மேற்பார்க்கிற கண்டாக்கையாவிடம் சொல்லிவிட்டார். குருடி என்றாலும் பேர் போகும், பொய்க்காரி என்றாலும் பேர் போகும். மதினி என் முந்தானையைப் பிடித்துக்கொண்டாள்.

கண்டாக்கையா பொறுமைசாலி. செடியின் மட்டம் பார்க்க மேலே போடுகிற மட்டக்கம்பு ஒன்றை எடுத்து அவளுக்கு எதிரே நிமிர்த்திப் பிடித்தார்.

"இது நிக்குதா, படுத்திருக்கா?"

"தவிட்டு நிறமா ஒண்ணு தெரியுதுங்க. நிக்குதா படுத்திருக்கான்னு தெரியலைங்க."

"சும்மா ஒண்ணைச் சொல்லு."

"படுத்திருக்குங்க." கங்காணி பெரிதாகச் சிரித்தார். கண்டாக்கையா கம்பைச் சாய்த்துக் கேட்டார், படுக்கவைத்துக் கேட்டார். ஒன்று சரி, இரண்டு பிழை.

"சரி, வாங்கிக்க" என்று கம்பை நீட்டினார் ஐயா. மதினியின் கை போனது. கம்பு நின்றபடி இருந்தது. தொடுவதற்கு முன்னமே அவள் விரல்கள் அதற்குத் தக்கபடி திரும்பிவிட்டன. படுக்கவைத்து நீட்டினார், கையும் படுத்துக்கொண்டு போனது. கோணலாக நீட்டினார், கையும் கோணலாகப் போய்ப் பிடித்தது. பத்துத் தடவையாவது இருக்கும், ஒன்றுகூடத் தப்பவில்லை. கங்காணியின் சிரிப்பு எப்போது நின்றது என்று நான் கவனிக்கவில்லை.

"பொய் சொல்றவளுக்கு இப்படி வராதுய்யா" என்று கண்டாக்கையா கங்காணியைப் பார்த்துச் சொன்னார். டிஸ்பென்சரி ஐயாவைக் கூப்பிட்டனுப்பினார். அவர் ஆஸ்பத்திரிக் கடுதாசியைக் காட்டி, கண்ணில் குறையில்லை, கரிப்புகையில் அடிபட்டது மூளை என்றார். கண் பார்த்தது மூளைக்குள் இரண்டு பாதையாகப் பிரிந்து போகிறது, ஒன்று இது இன்னதென்று சொல்லும், மற்றது கைக்கு வழிகாட்டும் என்பதெல்லாம் நான் பிற்காலத்தில் தேடிப்பிடித்து வாசித்துத் தெரிந்துகொண்டது. மதினிக்கு முதல் பாதைதான் அடைபட்டுப்போனது. இரண்டாவது பாதையில் அவள் பதினைந்து வருஷமாகக் கொழுந்து சுமந்திருந்தாள்.

"நமக்குக் கூடையில இருக்கிறதுதானே வேணும். பேரு இருக்கட்டும்" என்றார் கண்டாக்கையா. பிறகு என்னைப் பார்த்து, "இந்த வாயாடிக்கு எப்பவும் இவ பக்கத்து நிரையையே குடுங்க" என்றார். மறுநாள் விடியப் பெரட்டுக் களத்தில் பேர் கூப்பிட்டபோது, மதினி சொன்ன பதில் மலை முழுக்கக் கேட்டிருக்கும். வேலை நேரத்தில் பேசுவதற்கு உத்தரவு வாங்கிய பொம்பளை எங்கள் தோட்டத்தில் நான் ஒருத்திதான். அதைச் சொல்ல எனக்கென்ன வெட்கம்?

சில மாதம் கழித்து ஒருநாள் பேச்சு எனக்கு நடுவிலே நின்றுபோனது.

"என்ன புள்ள, கதை தீந்துபோச்சா?"

"அந்தத் தணல் வாளிய நான்தான வச்சேன் மதினி. சாக்கையும் நான்தான் அடைச்சேன்."

அவள் கை நின்றது. என் முகம் இருந்த பக்கம் திரும்பினாள். அவளுக்குத் தெரிந்தது என் சிவப்புச் சேலை மட்டும்தான்.

"நான் குளிருதுன்னு சொன்னேன், நீ வச்ச. நானும் உனக்கு வச்சிருப்பேன்" என்றாள். "இப்ப அதுவா பெரிசு? என் கை நிக்குது பாரு."

நான் கூடைக் கயிற்றை இழுத்துவிட்டுக்கொண்டு செடிப் பக்கம் திரும்பினேன். மேலே பாதையிலிருந்து கங்காணி சத்தம் போட்டார்.

"ஏய், என்ன அங்க சத்தத்தையே காணோம்? பேசுங்கம்மா, பேசுங்க. கொழுந்து நிக்குது."