மசக்கை ஏற்றி வந்த அர்த்தனாரி அண்ணன்

செய்தி வந்தபோது நான் அடித்த கூத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். வேறு யாராவது சொல்வதற்குள் நானே சொல்வது நல்லது. காலையில் அண்ணன் மகன் போனில் கூப்பிட்டு, "சித்தப்பா, அப்பா போயிட்டாருங்க" என்றான். வாயில் பிரஷ்ஷை வைத்துக்கொண்டே, "எந்தப் பக்கம்? என்ன லோடு?" என்று கேட்டுவிட்டேன். அண்ணன் ஸ்டியரிங்கை விட்டு எத்தனையோ வருஷம் ஆகிறது. ஆனாலும் எங்கள் தொழிலில் ஒருத்தர் போய்விட்டார் என்றால் வண்டி எடுத்துக்கொண்டு போய்விட்டார் என்றுதான் காது எடுத்துக்கொள்ளும். பையன் மூக்கை உறிஞ்சிக்கொண்டான். பிறகு, "ரிட்டன் லோடு இல்லாத பக்கமுங்க சித்தப்பா" என்றான். அழுகைக்கு நடுவில் அவன் சிரித்தது கேட்டது. "அப்பா இருந்திருந்தா இதக் கேட்டு உழுந்து உழுந்து சிரிச்சிருப்பாருங்க."

பதினாறாம் நாளுக்கு ஒரு சிறு மலர் அச்சடிக்கிறோம், நீங்கள்தான் எழுத வேண்டும் என்றும் அவனே சொன்னான். "அப்பாவுக்குக் கார்டெல்லாம் நீங்கதானுங்களே எழுதுவீங்க?" என்றான். என் படிப்பு எட்டாம் வகுப்பு. அதையே இரண்டு தடவை படித்ததால் ஒன்பது வருஷப் படிப்பு என்று சொல்லிக்கொள்வேன். என் மகள் பள்ளிக்கூடத்தில் தமிழ் டீச்சர். இதில் எழுத்துப்பிழை இல்லாத இடமெல்லாம் அவள் கைபட்டது என்று கொள்ளுங்கள்.

உங்களில் பலர் அண்ணனைப் பிற்காலத்தில் பார்த்தவர்கள். வெள்ளை வேட்டியும் நிதானமான நடையுமாக, நாமக்கல் புக்கிங் ஆபீஸ் வாசலில் டீ குடித்துக்கொண்டிருந்த பெரியவராகத்தான் அவரைத் தெரியும். நாங்கள் கூடப்பிறந்தவர்கள் இல்லை. எழுபதுகளில் ஒரே முதலாளியிடம் ஒரே வண்டியில் அவர் முதல் டிரைவர், நான் இரண்டாவது. அவருக்குக் கையெழுத்துப் போட மட்டும் தெரியும். எனக்கு வண்டி ஓட்டத் தெரியும் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். ஒருநாள் மலைப்பாதையில் ரேடியேட்டர் கொதித்தபோது வீரனைப் போல மூடியைத் திறந்து கையைச் சுட்டுக்கொண்டேன். அண்ணன் திட்டவில்லை. கையில் தண்ணீரை ஊற்றிவிட்டு, "சூடான வண்டிகிட்ட வேலயக் காட்டாத. பக்கத்துல சும்மா நில்லு, அதுவா எறங்கும்" என்றார். மனிதர்களிடமும் அவர் அப்படித்தான் நிற்பார். இந்தூரில் ஒரு குடோன்காரர் அரைமணி நேரம் இந்தியில் கத்தித் தீர்த்துவிட்டு, கடைசியில் தானே வெட்கப்பட்டு எங்களுக்குச் சாயா வாங்கிக்கொடுத்ததை நான் பார்த்திருக்கிறேன்.

இனி மசக் கதைக்கு வருகிறேன். பாதிக் கதை எல்லோருக்கும் தெரியும். தெரிந்த பாதி தப்பு.

ஆத்தூர் ஜவ்வரிசி ஏற்றிக்கொண்டு ஜோத்பூருக்குப் போன ஒரு சித்திரை மாதம் அது. ஊருக்கு ஐம்பது மைல் இருக்கையில் ரேடியேட்டர் ஒழுகிவிட்டது. எல்லா வண்டிக்காரர்களையும்போல நாங்களும் முன்பக்கம் ஒரு கித்தான் தண்ணீர்ப் பை தொங்கவிட்டிருந்தோம். அது காலியாகி நெடுநேரம் ஆகியிருந்தது. கண்ணுக்கெட்டிய வரை மணல். அப்போது ஆடு மேய்க்கிற ஒருவர் ஒட்டகத்தோடு வந்தார். அதன் முதுகின் இரண்டு பக்கமும் இரண்டு ஆடு தொங்கியது. பக்கத்தில் வந்ததும்தான் தெரிந்தது, ஆடு இல்லை, ஆட்டுத் தோல். கிழிக்காமல் முழுசாக உரித்துப் பதப்படுத்தி, நான்கு கால்களையும் முடிச்சுப் போட்டுக் கழுத்தை வாயாக வைத்துத் தண்ணீர் நிரப்பியிருந்தார்கள். அண்ணன் கையை வாய்க்குப் பக்கத்தில் கொண்டுபோனார். அந்த ஆள் தோலின் கழுத்தை அவிழ்த்துவிட்டார். அந்த வெயிலில் தண்ணீர் பானைத் தண்ணீரைவிடக் குளிர்ச்சியாக விழுந்தது.

நான் மட்டும் மூக்கைச் சுளித்துக்கொண்டு நின்றேன். "செத்த ஆட்டுத் தோல்ல இருந்த தண்ணியண்ணா அது."

"ஏண்டா, உங்க கெணத்துல மாடு பூட்டிக் கவல ஓட்டுன சாலுக்கு வாலு எதுல தெச்சிருந்துச்சு?"

"தோல்லதான்."

"அது வழியா ஊத்துன தண்ணியக் குடிச்சுத்தானே இந்த ஒசரம் வளந்த? வாயத் தொற."

குடித்தேன். வண்டிக்கும் ஊற்றினோம். அண்ணனுக்கு அந்தத் தோல்பையை விட மனசில்லை. டிரங்குப் பெட்டியில் புதிதாக இருந்த சேலத்து வேட்டியை எடுத்து அந்த ஆளிடம் நீட்டினார். அவர் வேட்டியைத் தடவிப் பார்த்துவிட்டு ஒரு பையைக் கழற்றிக் கொடுத்தார். பேர் என்ன என்று சைகையில் கேட்டோம். "மசக்" என்றார். "மசக்கு" என்று அண்ணன் திருப்பிச் சொன்னார். "மசக்" என்று அவர் திருத்தினார்.

ஜோத்பூர் சேர்ந்ததும் அண்ணன் ஒரு கார்டு வாங்கி வந்தார். ஊரில் அவர் மனைவி பாவாயி அம்மாள். எங்கள் பக்கம் அண்ணன் மனைவியை நங்கை என்போம். கல்யாணமாகி ஆறு வருஷம், அப்போது குழந்தை இல்லை. "எழுது" என்றார் அண்ணன். "மசக் ஒண்ணு வாங்கியிருக்கேன். ஏத்திக்கிட்டு வாரேன். அம்மா ஏசும், நீதான் பத்தரமாப் பாத்துக்கோணும்." அவ்வளவுதான். எழுதினால் கால் கார்டு வராது. மீதி இடத்தைச் சும்மா விட எனக்கு மனம் வரவில்லை. எட்டாம் வகுப்பில் எனக்கு ஒழுங்காகப் புரிந்தது இரண்டாம் வேற்றுமை ஒன்றுதான். ஐ உருபு. மரம் என்பது மரத்தை ஆகும், பால் என்பது பாலை ஆகும். ஆகவே மசக் என்பது மசக்கை ஆகும். ஒற்று இரட்டிப்பதைக்கூட விடவில்லை. நான் எழுதியது இது:

"வரும் வழியில் மசக்கைக் கண்டேன். கண்டதும் மனதைப் பறிகொடுத்தேன். மசக்கை விட்டுப் பிரிய மனமின்றி வண்டியில் ஏற்றிக்கொண்டு வருகிறேன். தோல் மிகவும் மிருதுவானது. அம்மா ஏசுவார்கள். மசக்கை வீட்டில் நீதான் கண்ணும் கருத்துமாகப் பார்த்துக்கொள்ள வேண்டும்."

படித்துக் காட்டினேன். "கல்யாணப் பத்திரிகையாட்டம் இருக்குது" என்று அண்ணன் பாராட்டினார். பை எங்கள் கண் முன்னால் தொங்கியதால் இரண்டு பேருக்குமே வேறு அர்த்தம் தோன்றவில்லை.

கார்டை நங்கையிடம் கொடுத்தது தபால்காரர். கொடுத்ததுடன் நிற்காமல், பால் ஊற்ற வந்தவர்கள் நடுவில் சத்தமாகப் படித்தும் விட்டார். யாருக்கும் முதலில் விளங்கவில்லை. தபால்காரரே விளக்கினாராம்: "மசக்கைக்காரியத்தான் எழுதியிருக்கான். அவசரத்துல 'க்காரி' உட்டுப்போச்சு." வடக்கே ஒருத்தியைச் சேர்த்துக்கொண்டு, அவள் வாயும் வயிறுமாக இருக்கையில் வண்டியில் ஏற்றிக்கொண்டு வருகிறான் என்று ஒரு மணி நேரத்தில் ஊர் முடிவு கட்டிவிட்டது. ஆறு வருஷம் காத்திருந்தவன் என்ன செய்வான் என்று அண்ணனுக்காகப் பேசியவர்களும் உண்டு. நங்கைக்கு அதுதான் தாங்கவில்லை. மறுநாள் அவருடைய அண்ணன் வந்து பரமத்தி வேலூருக்குக் கூட்டிப் போய்விட்டார்.

ரிட்டன் லோடுக்குக் காத்திருந்து நாங்கள் திரும்ப இருபது நாள் ஆனது. அண்ணன் வீட்டு முன்னால் வண்டியை நிறுத்தினோம். அவருடைய அம்மா எங்களைப் பார்க்கவில்லை, கேபினுக்குள் எட்டிப் பார்த்தார்.

"எங்கடா அவ? எறக்கு, மூஞ்சியப் பாக்கறேன்."

"யாரும்மா?"

"ஊரறியக் கார்டு போட்டுட்டு யாருன்னா கேக்கற?"

கார்டு கைக்கு வந்தது. அண்ணன் அதை என்னிடம் நீட்டினார். இரண்டாம் தடவை படித்தபோதுதான் எனக்கு உறைத்தது. என்ன உறைத்தது என்று வாய் குழறிச் சொன்னேன். சொல்லிவிட்டு டயரில் காற்று இருக்கிறதா என்று குனிந்து பார்த்தேன். என்னை அடித்திருந்தால் வாங்கிக்கொண்டிருப்பேன். அவர் கிணற்றடிக்குப் போய்த் தோல்பையை நிரப்பித் தோளில் போட்டுக்கொண்டு, "வா, பஸ்ஸுக்கு நேரமாச்சு" என்றார். பஸ்ஸில் கண்டக்டர், "ஆடெல்லாம் மேல போடுங்க" என்றார். "செத்து ரொம்ப நாளாச்சுங்க" என்றார் அண்ணன். அந்த நிலைமையிலும் எனக்குச் சிரிப்பு வந்தது. அவருக்கு வரவில்லை. வேலூர் வரைக்கும் பையின் கழுத்தை இறுக்கிப் பிடித்துக்கொண்டே வந்தார்.

வெற்றிலைக் கொடிக்காலில் கொடி கட்டிக்கொண்டிருந்த அண்ணனின் மச்சான் எங்களைப் பார்த்ததும் ஏணியிலிருந்து இறங்கி வந்தார். வந்த வேகத்தில் ஆரம்பித்தார். அண்ணன் பக்கத்தில் சும்மா நின்றார். மச்சான் மூச்சு வாங்கி நின்றபோது, "மசக்கு இதானுங்க மச்சான்" என்று பையை இறக்கி மண்ணில் வைத்தார். நாலு காலும் முடிந்து, வயிறு புடைத்து, அது ஒரு மாதிரி உட்கார்ந்தது.

மச்சான் அதைக் காலால் லேசாகத் தொட்டுப் பார்த்தார். "இது ஆடு."

"ஆமாங்க."

"இதுக்கா மனசப் பறிகொடுத்தே?"

அகத்தி மரங்களுக்கு அந்தப் பக்கம் நின்றிருந்த நங்கை வெளியே வந்தார். அவர் சிரிக்கவில்லை. "ஆறு வருசமா ஊரு பேசுனதயெல்லாம் கேட்டுக்கிட்டுத்தான் இருந்தனுங்க. நீங்க மட்டுந்தான் ஒண்ணும் சொல்லாம இருந்தீங்க. நீங்களும் சொல்லிப்போட்டீங்கன்னு நெனச்சேன்" என்றார். பிறகு என் பக்கம் திரும்பினார். "கார்டு எழுதுனது இவருதானே?"

அண்ணன் முந்திக்கொண்டார். "அவன் சரியாத்தான் எழுதுனான், எட்டாவது படிச்சவன். நாந்தான் பொயலய வாயில அடக்கிக்கிட்டு ஒளறிட்டேன்." அண்ணன் ஆயுளில் புகையிலை போட்டதில்லை. நங்கைக்கு அது தெரியாமலா இருக்கும்? அவர் தண்ணீருக்குக் கையைக் குவித்தார். அண்ணன் பையின் கழுத்தை அவிழ்த்து ஊற்றினார். நங்கை குடித்துவிட்டு, "ஆட்டு நாத்தம் அடிக்குது" என்றார். பிறகு எங்களோடு கிளம்பத் துணிப்பையை எடுத்துவர உள்ளே போனார்.

அன்று முதல் அண்ணனுக்கு 'மசக்கைக்காரர்' என்று பேராகிவிட்டது. ஈரோட்டிலிருந்து இந்தூர் வரை எந்த டீக்கடையில் நின்றாலும், "அண்ணா, இது எத்தனாவது மாசமுங்க?" என்று கேட்பார்கள். "லோடு எறக்குனாத் தெரியும்" என்பார். எண்பதுகளின் தொடக்கத்தில் நங்கைக்கு நிஜமாகவே மசக்கை வந்தபோது, புக்கிங் ஆபீஸில் அண்ணன் எல்லோருக்கும் லட்டு கொடுத்தார். ஒருத்தரும் நம்பவில்லை. மறுபடியும் ஆட்டுத் தோல் வாங்கிவிட்டார் என்று சிரித்தார்கள். அந்த 'ஆட்டுத் தோல்'தான் வளர்ந்து இன்று இந்த மலரை அச்சடிக்கிறது!

பல வருஷம் கழித்து என் மகள்தான் சொன்னாள், தோல்பைக்குத் தமிழிலேயே துருத்தி என்று பேர் இருக்கிறதாம். "அது கொல்லுப் பட்டறையில ஊதறது" என்றேன். "காத்து அடைச்சாலும் துருத்தி, தண்ணி அடைச்சாலும் துருத்திதானுங்கப்பா" என்றாள். ஓடிப்போய் அண்ணனிடம் சொன்னேன். "நல்லவேள அப்ப உனக்குத் தெரியல. துருத்தின்னு எழுதியிருந்தா நான் பட்டற வெக்கப் போறேன்னு நெனச்சிருப்பாங்க. இத்தன பேரு சிரிச்சிருப்பாங்களா?" என்றார்.

அவர் புகையிலையால் வந்த வினை என்றே இன்றுவரை எல்லோரும் கதை சொல்கிறார்கள். இல்லை. அது என் வேற்றுமை உருபு. அவரிடமிருந்து எனக்கு மிஞ்சியது இதுதான்: அடுத்தவன் தப்பைச் சத்தமில்லாமல் தன் பக்கம் இழுத்துக்கொள்வது. அவரளவுக்கு எனக்கு வராது. ஆனாலும் என் மகன் பக்கத்து வீட்டுச் சுவரில் வேனை இடித்த அன்று, "பின்னால வான்னு கையக் காட்டுனது நாந்தாங்க" என்று போய் நின்றேன். இடித்தபோது நான் உள்ளே சாப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

அண்ணனை எடுத்துவிட்டு வந்த அன்று சாயங்காலம் நங்கை என்னைப் பக்கத்தில் கூப்பிட்டு உட்கார வைத்தார். நான் அழுவேன் என்று நினைத்தாரோ என்னவோ, பேச்சை அவரே ஆரம்பித்தார்.

"ஏனுங்க சாமி, இப்பவாச்சும் சொல்லுங்க. அந்தக் கார்டுல அவரு சொன்னது எது, நீங்க சேத்தது எது?"

"ஞாபகமில்லீங்க நங்கை" என்றேன்.

பொய். நன்றாக ஞாபகமிருக்கிறது. அன்று முகவரி எழுதி முடித்துப் பேனாவை மூடிய பிறகு, அண்ணன் பையைக் கவிழ்த்து ஒரு வாய் குடித்துவிட்டு, இன்னொரு வரி எழுதச் சொன்னார். நான் கார்டைத் திருப்பிக் காட்டி, இடமில்லைங்கண்ணா என்றேன். இடம் முழுக்க என் அலங்காரம். சரி, போகட்டும் என்று விட்டுவிட்டார். நங்கை கேட்டபோது அதைச் சொல்லாமல் விட்டேன். இங்கே எழுதுகிறேன். நான் ஒரு சொல்லும் சேர்க்கவில்லை.

"பாவாயி, இந்தத் தண்ணி அப்பிடிச் சில்லுனு இருக்குது. உனக்கு ஒரு வாய் குடுக்காம எனக்கு எறங்க மாட்டேங்குது."