கேமராவுக்குப் பின்னால் ஒரு மகள்

இருபது ஆண்டுகளாக நான் திரையில் செவிலி, வீட்டுக்காரம்மா, மணப்பெண்ணின் அத்தை, எப்போதாவது நீதிபதி. புனேயில் பலருக்கு என் முகம் தெரியும், பெயர் தெரியாது. ஆண்டுக்கு ஒரு நாடகம் இயக்குவேன். ஞாயிறு காலைகளில் கோர்படியில் ஒரு பள்ளிக்கூட அறையில் நடிப்பு கற்பிப்பேன்.

இப்போதெல்லாம் வாய்ப்புக்காக யாரும் படியேறி இறங்க வேண்டியதில்லை. அனுப்பப்படும் காட்சியை வீட்டிலேயே நடித்து, கைபேசியில் பதிவுசெய்து அனுப்பினால் போதும். எதிர்ப் பாத்திரத்தின் வசனத்தைக் கைபேசிக்குப் பின்னால் நின்று ஒருவர் படிக்க வேண்டும். படிப்பவர் நடிக்கக் கூடாது என்று வகுப்பில் தவறாமல் சொல்வேன். காட்சி முன்னால் நிற்பவருடையது.

என் மாணவர்களில் ஒருவர் என்னைவிட நான்கு வயது மூத்தவர். பிம்ப்ரியில் ஒரு தொழிற்சாலையின் பேக்கிங் பிரிவிலிருந்து ஓய்வுபெற்ற பின் வகுப்பில் சேர்ந்தார். நான் அவரை அக்கா என்பேன். அவர் என்னை மேடம் என்பார். அவருக்கு முதல் பெரிய வாய்ப்பு வந்தது: ஒரு இந்தித் தொடரில், மகளைத் தேடி நகரத்துக்கு வரும், தமிழிலேயே பேசும் ஒரு தாய். எனக்கு அந்த அழைப்பு வரவில்லை. அதை நான் பொருட்படுத்தவில்லை என்றுதான் இன்றும் நினைத்துக்கொண்டிருக்கிறேன்.

அவர் தம் வீட்டுச் சன்னலோரம் நிற்க, மகளின் வசனத்தை நான் படித்தேன். இரண்டு முறை சரியாகவே படித்தேன். மூன்றாம் முறை, "நான் வரலம்மா, நீ போ" என்ற வரியில் என் குரல் உடைந்தது. அக்கா சற்றுத் தாமதித்து, மிக மெதுவாகத் தம் வசனத்தைச் சொன்னார். அவர் கண்கள் நிறைந்திருந்தன.

"ஏக்தம், ரொம்ப நல்லா வந்திருச்சு மேடம்! இதையே அனுப்பிடலாம்."

என் குரலில் நடிப்பு அதிகம் என்று எனக்குத் தெரிந்திருந்தது. "அனுப்புங்க" என்றேன்.

நான்காம் நாள், தேர்வு செய்பவர்கள் அவரை அழைத்து, பின்னால் பேசிய பெண் யார் என்று கேட்டார்கள். அவரே என் எண்ணைக் கொடுத்தார். அவர்கள் என்னிடம் பேசியது மகள் வேடத்துக்காக அல்ல. அந்தத் தாய் வேடத்துக்காக.

நான் அக்காவை அழைத்தேன்.

"போய்ட்டு வாங்களேன்" என்றார்.

"அது உங்க ரோல்க்கா."

"என் ரோல்னு எங்க எழுதியிருக்கு? ஆனா ஒண்ணு. நடிக்காம படிங்கன்னு எங்களை அந்த அதட்டு அதட்டிட்டு, நீங்க மட்டும் அழுதீங்க பாருங்க! நான் கூட எனக்காகத்தான்னு நெனச்சேன்."

கேலியா, குற்றச்சாட்டா என்று பிடிபடவில்லை. நான் தேர்வு செய்பவர்களிடம் வேடத்தை மறுத்து, அக்காவை இன்னொரு முறை பார்க்கும்படி கேட்டுக்கொண்டேன். புதுப் பதிவு அனுப்பச் சொன்னார்கள். அக்கா மீண்டும் என்னையே படிக்க அழைத்தார். இம்முறை ரயில் நிலைய அறிவிப்பைப்போல் வறட்சியாகப் படித்தேன். பற்றிக்கொள்ள எதையோ தேடுவதுபோல் அவர் என் முகத்தைப் பார்த்தார். நான் தாளிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

வேடம் வேறொருவருக்குப் போயிற்று.

இரண்டு பதிவுகளையும் பலமுறை போட்டுப் பார்த்துவிட்டேன். முதலாவதில் அவருக்குக் கண்ணீரைத் தந்தது என் குரல். அவரை மறைத்ததும் அதே குரல். இரண்டாவதில் விதிப்படி நடந்தேன். அவர் தனியாக நின்றார். எப்போது அவருக்குத் தீங்கு செய்தேன் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

அக்கா ஒரு ஞாயிறும் தவறவில்லை. சென்ற வாரம் அவருக்கு இன்னொரு அழைப்பு வந்தது, தமிழ் பேசும் பள்ளி ஆயாவின் வேடத்துக்கு. வகுப்பு முடிந்ததும் நானே கேட்டேன்: "எப்ப எடுக்கலாம்க்கா? நான் வரேன்."

"வேணாம் மேடம். மாப்பிள்ளை படிக்கிறேன்னு சொல்லியிருக்கார்."

"அவர் மராத்திக்காரராச்சே, தமிழ் படிக்க வராதே?"

"இங்கிலீஷ்ல எழுதிக் குடுத்தா மராத்தி மாதிரி படிப்பார். அது போதும் எனக்கு."

கோபத்தின் சாயல் எதுவும் அந்தக் குரலில் இல்லை. இருந்திருந்தால் எளிதாக இருந்திருக்கும். நல்லது என்றேன். அவர் பையைத் தோளில் மாட்டிக்கொண்டு, பேருந்துக்கு நேரமாகிவிட்டது என்று விரைந்தார்.