சின்னப் பாறை

எங்கள் வீட்டுக்கு விருந்தாளி வந்தால் பினாங்கைச் சுற்றிக் காட்டுவது என் வீட்டுக்காரர் தங்கராஜுதான். வேறு யாரும் அதில் கை வைக்கக் கூடாது. பாயான் பாருவில் எங்கள் அடுக்குமாடி வீட்டுக்கு வந்து பையை இறக்கி வைப்பதற்குள், "நாளைக்குக் காலையில வெள்ளன ரெடியா இருங்க" என்று உத்தரவு போட்டுவிடுவார். பேக்டரியில் டெக்னீஷியனாக இருந்து ஓய்வு பெற்றவர். வீட்டில் குழாய் ஒழுகினால் "ஆளைக் கூப்பிடு" என்பார். ஆனால் சிரம்பானிலிருந்து யாராவது வருகிறார்கள் என்றால் முதல் நாளே காரைக் கழுவி, டயருக்குக் காற்றடித்து, சட்டைப் பையில் பேனா செருகிக்கொண்டு தயாராகிவிடுவார். பேனா எதற்கு என்று நான் இதுவரை கேட்டதில்லை.

போகும் வழி, நிற்கும் இடம், சொல்லும் சங்கதி எல்லாம் எப்போதும் ஒன்றுதான். கப்பித்தான் கெலிங் பள்ளிவாசல் சாலையில் காரை மெதுவாக விட்டு, "ஒரே ரோட்டுல எல்லா சாமியும் இருக்கு பாருங்க" என்பார். நாசி கண்டார் சோற்றுக் கடையில் வரிசையில் முன்னால் நின்று, எல்லாக் குழம்பையும் கலந்து ஊற்றச் சொல்ல "குவா சம்போர்" என்று கேட்கவேண்டும் என வந்தவர்களுக்குப் பாடம் எடுப்பார். சாயங்காலம் தஞ்சோங் பூங்காவைத் தாண்டி ஒரு வளைவில் காரை நிறுத்தி, கடலுக்குள் நிற்கும் ஒரு பெரிய பாறையைக் காட்டுவார். கடைசியாக அந்தப் பாறையின் கதை.

அந்தக் கதையை முதலில் கேட்டவள் நான். அப்படித்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். பைராம் தோட்டத்திலிருந்து கல்யாணமாகி வந்த முதல் வாரம், மோட்டார் சைக்கிளில் பின்னால் உட்கார வைத்து அந்த வளைவுக்குக் கூட்டிப்போனார். நாகப்பட்டினத்திலிருந்து பிழைக்க வந்த ஒருவன். அடுத்த கப்பலில் வருகிறேன் என்று அவனுக்குச் சொல்லி அனுப்பிய ஒரு பெண். தினமும் வேலை முடிந்ததும் அவன் விளக்கைத் தூக்கிக்கொண்டு கடலுக்குள் இறங்கி நிற்பான். "கப்பல் வரவே இல்ல லெட்சுமி. அவன் கரைக்குத் திரும்பவும் இல்ல. அதான் இந்தப் பாறை" என்று முடித்தபோது இவருக்குக் குரல் கம்மிவிட்டது. நானும் அழுதேன். எவ்வளவு மென்மையான மனசு, நமக்கு இப்படி ஒரு மாப்பிள்ளையா என்று பூரித்துப்போனேன். அதற்குப் பிறகு தோட்டத்துக்குப் போகும்போதெல்லாம் அக்கம்பக்கத்தில் எல்லாருக்கும் அந்தக் கதையைச் சொன்னேன். சரித்திரம் என்றே நம்பினேன். முப்பது வருசத்துக்கு மேல் ஆகிறது.

போன பள்ளி விடுமுறைக்கு என் தம்பி தயாளன் பெண்டாட்டி பிள்ளைகளோடு வந்தான். அவன் மாமனார் மாமியாரும் கூட. எங்கள் காரில் எப்படி அடங்கும்? தயாளன் போனில் ஒரு நாள் பஸ் சுற்றுலாவுக்கு எல்லாருக்கும் சேர்த்துப் பதிவு செய்துவிட்டு, அதை ஏதோ சந்தோஷச் செய்தி மாதிரி வந்து சொன்னான்.

"மச்சான், இந்த தடவை நீங்க ரிலேக்ஸா உக்காருங்க. தமிழ்ல பேசுற கைடு. ரிவ்யூ எல்லாம் சூப்பர்லா!"

என் வீட்டுக்காரர் சிரித்தார். எனக்கு அந்தச் சிரிப்பைத் தெரியும். பேக்டரியில் தனக்குப் பின்னால் சேர்ந்தவனுக்கு சூப்பர்வைசர் வேலை கொடுத்தபோது வீட்டுக்கு வந்து சிரித்த அதே சிரிப்பு.

மறுநாள் கொம்தார் பஸ் நிலையத்தில் ஏறினோம். கைடு பெயர் கோகிலன். முப்பதைத் தொடாத பையன். நெடுநெடுவென்று உயரம், அயர்ன் கலையாத சட்டை, இடுப்பில் சின்ன ஸ்பீக்கர், கன்னத்தில் ஒட்டிய மைக். "வணக்கம் ஆண்ட்டி, படி உயரம், பாத்து" என்று என் கையைப் பிடித்து ஏற்றிவிட்டான். இவர் அந்தக் கையைப் பார்த்தார், பிறகு என்னைப் பார்த்தார். டிரைவருக்குப் பின்னால் இருக்கும் சீட்டில் போய் உட்கார்ந்து கைகளைக் கட்டிக்கொண்டார்.

பையன் கெட்டிக்காரன், பொய் சொல்லக் கூடாது. பள்ளிவாசல் சாலையில் பஸ் திரும்பியதும், "வலது பக்கம் பாருங்க, ஒரே ரோட்டுல எல்லா சாமியும் பக்கத்துல பக்கத்துல குடியிருக்காங்க. இதுவரைக்கும் சண்டை வந்ததில்ல. பார்க்கிங்குக்கு மட்டும்தான் சண்டை" என்றான். பஸ்ஸே சிரித்தது. தம்பி பெண்டாட்டி போனைத் தூக்கி அவனை வீடியோ எடுக்க ஆரம்பித்தாள்.

"இதைத்தான நான் போன தடவை சொன்னேன்?" என்றார் இவர், பஸ் முழுக்கக் கேட்கிற மாதிரி.

"மச்சான், கொஞ்சம் மெதுவா. ரெக்கார்ட் ஆவுது" என்றான் தயாளன்.

இவருடைய காது சிவந்தது. பொறாமை வந்தால் இந்த மனிதருக்கு முதலில் சிவப்பது காதுதான். மரத்தூண்கள் மேல் வீடு கட்டியிருக்கும் ஜெட்டிக்குப் போனபோது கோகிலன் வலது பக்கமாகக் கூட்டிப்போனான். இவர், "இந்தப் பக்கம் வாங்க, இங்கதான் காத்து நல்லா வரும்" என்று எதிர்ப்பக்கம் நடந்தார். யாரும் பின்னால் போகவில்லை. நான் மட்டும் போனேன், கட்டிக்கொண்ட பாவத்துக்கு. அங்கே காற்று வரவில்லை. காயப் போட்ட மீன் வாடைதான் வந்தது.

மதியம் நாசி கண்டார் கடை. இவர் சுறுசுறுப்பானார். கடையில் தன்னை ஜெயிக்க ஆளில்லை என்ற நினைப்பு. வரிசையில் முன்னால் போய் நின்று, தொண்டையைச் செருமிக்கொண்டு, தயாளனுடைய மகள் பக்கம் திரும்பினார். "இங்க பாரு கண்ணு, எப்படிக் கேக்கணும்னா..."

அதற்குள் அந்தக் குட்டி தட்டை நீட்டிவிட்டது. "அண்ணே, குவா சம்போர்!"

கடைக்காரர் சிரித்துக்கொண்டே குழம்புகளை ஊற்றினார். "யார்டி சொல்லிக் குடுத்தா?" என்று இவர் கேட்டதற்கு, "கைடு அண்ணன்தான். பஸ்லயே சொல்லிட்டாரு" என்றது அது.

அன்றைக்கு இவர் சோற்றில் பாதியை அப்படியே வைத்துவிட்டு எழுந்தார். கை கழுவும் இடத்தில் பிடித்துக்கொண்டேன்.

"ஏங்க, வயசுப் பையன் அவன். வயித்துப் பிழைப்புக்குப் பேசுறான். அவன் மேல போயி இவ்வளவு பொறாமையா?"

"பொறாமையா? எனக்கா?" என்றார். "அவன் எல்லாத்தையும் மனப்பாடம் பண்ணி ஒப்பிக்கிறான் லெட்சுமி. நான் சொல்றது உள்ளேருந்து வரும். பாறைகிட்ட வரட்டும். அங்க இவனுக்கு என்ன தெரியும்? வாயத் தொறக்க முடியாது. அப்ப நான் எந்திரிச்சுச் சொல்றேன் பாரு."

சின்னப் பிள்ளைபோல அவர் முகம் மலர்ந்ததைப் பார்த்து எனக்கு மனசு இளகிவிட்டது. சரி, பாறையாவது இந்த மனிதருக்கு மிஞ்சட்டும் என்று நினைத்துக்கொண்டேன்.

தஞ்சோங் பூங்காவைத் தாண்டி பஸ் அதே வளைவில் நின்றது. கடல் வற்றியிருந்த நேரம். எல்லாரும் இறங்கித் தடுப்புச் சுவரோரம் நின்றோம். இவர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு தயாராக ஒரு அடி முன்னால் வைத்தார். கோகிலன் கடலைப் பார்த்துக் கையை நீட்டினான்.

"அதோ அந்தப் பெரிய பாறைக்கு ஒரு கதை இருக்கு. நாகப்பட்டினத்துலேருந்து ஒருத்தர் பிழைக்க வந்தாரு..."

எனக்கு ஒரே சந்தோஷம். "ஐயோ, இது எங்க வீட்டுக்காரர் சொல்ற கதை! அப்படியே இருக்கு!" என்று கத்தியேவிட்டேன். பக்கத்தில் பார்த்தால் இவருக்குக் காது மட்டுமல்ல, கழுத்தே சிவந்திருந்தது.

"திருட்டுப் பய" என்றார் பல்லைக் கடித்துக்கொண்டு.

"திருட என்னங்க இருக்கு? சரித்திரம் எல்லாருக்கும் பொதுதான?"

"என்ன சரித்திரம்? நான் கட்டுன கதை இது. நானா உக்காந்து கட்டுனது!"

எனக்கு ஒரு நிமிசம் ஒன்றும் புரியவில்லை. தோட்டம் முழுக்க நான் சொல்லி அழ வைத்த கதை, இவர் கட்டியதா? கேட்க வாயெடுப்பதற்குள் கோகிலன் அடுத்த பகுதிக்குப் போய்விட்டான்.

"கப்பல் வரலன்னு அவரு கடலுக்குள்ளயே நின்னு பாறையாயிட்டாரு. ஆனா கதை அதோட முடியல. பெரிய பாறைக்குப் பக்கத்துல ஒட்டிக்கிட்டு ஒரு சின்னப் பாறை தெரியுதா? கப்பல் லேட்டாத்தான் வந்துச்சு. ஆனா வந்துச்சு. இறங்குன பொண்ணு அவரைத் தேடிக் கடலுக்குள்ள நடந்து போயி, பக்கத்துலயே உக்காந்துட்டா. தண்ணி ஏறுனா சின்னப் பாறை மறைஞ்சிரும். இறங்குனா மறுபடி தெரியும். அவ எங்கயும் போகல, அங்கதான் இருக்கா."

எல்லாரும் கை தட்டினார்கள். தம்பியின் மாமியார் கண்ணைத் துடைத்துக்கொண்டார். நான் அந்தச் சின்னப் பாறையையே பார்த்துக்கொண்டு நின்றேன். முப்பது வருசமாக அது அங்கேதான் இருந்திருக்கிறது. அதைப் பற்றி இவர் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

அங்கேயே இவர் வாயை மூடிக்கொண்டு பஸ் ஏறியிருந்தால் எல்லாம் நல்லபடியாக முடிந்திருக்கும். பொறாமை விடுமா? தன் கதையைத் திருடிவிட்டான் என்ற கோபத்தில் மீதிக் கதையை அவர் காதில் வாங்கியதாகவே தெரியவில்லை. கூட்டத்தை விலக்கிக்கொண்டு போய்க் கோகிலன் முன்னால் நின்றார். அவன் மானம் போகவேண்டும், அதுவும் எல்லார் முன்னாலும் போகவேண்டும், அதுதான் கணக்கு.

"தம்பி, நல்லா சொன்ன. இந்தக் கதையை நீ எங்கேருந்து எடுத்த? அதச் சொல்லு, எல்லாரும் கேக்கட்டும்."

பையன் கொஞ்சமும் தயங்கவில்லை. மைக் வேறு ஓடிக்கொண்டிருந்தது. "எங்கம்மா சொன்னது அங்கிள். கல்யாணத்துக்கு முந்தி பாயான் லெப்பாஸ் பேக்டரியில வேலை செஞ்சாங்க. கூட வேலை செஞ்ச ஒருத்தர் ஷிப்ட் முடிஞ்சு இங்க கூட்டிட்டு வந்து கதை சொன்னாராம். கப்பல் வரலன்னு அவரு அழுகையா முடிச்சாராம். எங்கம்மாவுக்கு மனசு கேக்கல. சின்னப் பாறையைக் காட்டி அவங்களே மீதியைச் சேத்துட்டாங்க. இன்னைக்கும் இந்தப் பக்கம் வந்தா அவங்க பாக்குறது சின்னப் பாறையைத்தான்."

"அம்மா பேரு?" என்று கேட்டவர் இவரில்லை. நான்.

"ரமணி, ஆண்ட்டி."

என் வீட்டுக்காரருடைய காதிலிருந்த சிவப்பு அப்படியே இறங்கிப்போனதைப் பார்த்தேன். பையனை மேலும் கீழும் பார்த்தார். நெற்றி, மூக்கு, சிரிக்கும்போது ஒரு பக்கம் இழுக்கும் வாய். இனி அதில் அவர் தேடியது கைடை அல்ல, அவன் அம்மாவை. "நல்லா பேசுறப்பா" என்று மெதுவாகச் சொல்லி, அவன் தோளைத் தட்டிவிட்டு பஸ்ஸைப் பார்த்து நடந்தார். காலையிலிருந்து அவரைப் பிடித்து ஆட்டிய பொறாமை அந்த இடத்தில் அவரை விட்டது. விட்டது எங்கே போனது என்று நான் சொல்லத் தேவையில்லை.

பத்து ஃபெரிங்கி என்ற கடற்கரையில் எல்லாரும் இறங்கினார்கள். நாங்கள் இரண்டு பேரும் பஸ்ஸிலேயே உட்கார்ந்திருந்தோம். ஏசி குளிரிலும் எனக்கு உடம்பு காந்தியது. என் வயசுக்கு இது தேவையா என்று என்னையே திட்டிக்கொண்டேன். திட்டினால் அடங்குகிற சாமானா அது? ரமணி எப்படி இருப்பாள், இப்போது பருத்திருப்பாளா, முடி கொட்டியிருக்குமா என்றெல்லாம் மனசு போனது. கொட்டியிருக்கட்டும் என்று வேண்டிக்கொண்டேன்.

"அதெல்லாம் கல்யாணத்துக்கு முந்தி லெட்சுமி" என்றார் அவராகவே. "அவங்க வீட்டுல வேற எடத்துல குடுத்துட்டாங்க. அதோட முடிஞ்சுது."

"நான் அதக் கேக்கல."

"வேற என்ன?"

"சின்னப் பாறையை ஏன் எனக்குக் காட்டல?"

ஜன்னல் திரையை இழுத்து மூடினார். பிறகு, "அது என்னுது இல்லையே. அவ சேத்தது. எப்படி எடுத்து உனக்குச் சொல்றது?" என்றார்.

அவர் நியாயமாகத்தான் சொன்னார். அந்த நியாயம்தான் என்னை அறுத்தது. சொல்லித் தொலைத்திருந்தால்கூட மறந்திருப்பேன். அவளுடைய பங்கைத் தொடாமல் இத்தனை வருசம் பத்திரமாக வைத்திருந்திருக்கிறார். எங்கள் வீட்டில் கார் சாவியைக்கூட அப்படிப் பத்திரமாக வைக்கத் தெரியாத மனிதர்.

இன்னொன்றும் அப்போதுதான் உறைத்தது. கப்பல் வரவே இல்லை என்று குரல் கம்மச் சொன்னாரே, அப்போது எங்களுக்குக் கல்யாணமாகி ஒரு வாரம்தான். வந்து இறங்கியவளாக நான் அவர் பக்கத்தில்தான் நின்றுகொண்டிருந்தேன். அவருக்காக அழுதுகொண்டு வேறு.

தயாளன் குடும்பம் ஊருக்குத் திரும்பியது. கோகிலனுக்கு ஆளாளுக்கு நல்ல ரிவ்யூ எழுதினார்கள். என் வீட்டுக்காரரும் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்து ஏதோ எழுதினார். நான் எட்டிப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் போனை உடைத்திருப்பேன்.

இப்போதும் விருந்தாளிகள் வருகிறார்கள். இப்போதும் இவர்தான் காரைக் கழுவி, பேனாவைச் செருகிக்கொண்டு கிளம்புகிறார். ஒரே ஒரு மாற்றம். முன்பெல்லாம் எத்தனை மணிக்கு எங்கே என்று அவர் சொல்வார். இப்போது நான் சொல்கிறேன். கடல் எப்போது ஏறும், எப்போது வற்றும் என்று போனில் பார்க்கக் கற்றுக்கொண்டேன். ஏறும் நேரம் பார்த்துத்தான் அந்த வளைவுக்குக் கூட்டிப்போகச் சொல்கிறேன். நாங்கள் போய்ச் சேரும்போது தண்ணீர் நிறைந்திருக்கும். பெரிய பாறை மட்டும் தெரியும். அவர் ஒன்றும் கேட்பதில்லை. கதையைச் சொல்லி முடித்துவிட்டு, அந்தப் பாறைக்குப் பக்கத்தில் இருக்கும் வெறும் தண்ணீரைப் பார்த்துக்கொண்டு நிற்கிறார்.