அடுப்பில் ஏறாத நண்டு

முல்லைத்தீவு பஸ் விசுவமடுவில் ரயர் மாற்ற நிற்கிறது. தேத்தண்ணிக் கடையில் இருந்து, சீனாவின் கடூழிய முகாமில் உயிர் தப்பிய எழுத்தாளர் ஒருவரின் நினைவுக்குறிப்பை வாசிக்கிறேன். அட்டையில் முள்கம்பிப் படம். அதைக் கண்டதும் கடைக்கார அக்கா என்னைக் கேளாமலே புத்தகத்தை வாங்கி, பள்ளிக்கூடக் கொப்பிக்குப் போடுவதுபோல் பழைய பேப்பரில் உறை போட்டுத் தருகிறா. எனக்குச் சிரிப்பு வருகிறது.

சிரித்து முடியமுன்னம் மோட்டார் சைக்கிள் ஒன்று வந்து நிற்கிறது. சிவில் உடுப்பு, ஆமிக்காரன்போல் ஒட்ட வெட்டிய தலைமயிர். நேரே என்னிடம் வருகிறான்.

“என்ன புத்தகம்?”

விரித்த பக்கத்தைப் பார்க்கிறேன். “சமையல்.”

“வாசிங்க.”

வாசிக்கிறேன். பன்றியிறைச்சியை இஞ்சி தட்டிப் போட்டு மெல்லிய நெருப்பில் வைக்கவேண்டும். அவன் குனிந்து பக்கத்தைப் பார்க்கிறான். பிறகு அக்காவை ஒருதரம் முறைத்துவிட்டுப் போகிறான்.

“பொய் நல்லாத்தான் சொல்லுறியள்.”

“பொய் இல்லை அக்கா. புத்தகத்திலயே இருக்கு. பசியில கிடந்த கைதியள், ஆளுக்காள் வாயாலயே சமைச்சுக் குடுத்திருக்கினம்.”

அக்கா தேத்தண்ணி ஆத்துவதை நிறுத்துகிறா.

“நாங்களும் தடுப்பு முகாமில அப்பிடித்தான். நாயாத்துக் கடற்கரைப் பிள்ளை ஒருத்தி நண்டுக்கறி வைப்பாள். உப்புக் காணாதெண்டு சண்டை பிடிப்பம்.”

“அவா இப்ப எங்க?”

பஸ் ஹோர்ன் அடிக்கிறது. அக்கா வாசலைப் பார்த்துக் குரலைத் தாழ்த்துகிறா.

“விசாரணைக்கெண்டு கூட்டிக்கொண்டு போனவங்கள். அண்டைக்கு அவள் தேங்காய்ப்பால்கூட இன்னும் விடேல்லை.”