பொறுங்கக்காவின் நாலு மணி நேரம்

கட்டில் துடைப்பது ஆயாவின் வேலை. ஆனால் அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் பின்னால் இருக்கிற கண்காணிப்பு அறையின் மூன்று கட்டில்களையும் அங்கிருக்கும் மூத்த நர்ஸ்தான் துடைப்பாள். மஞ்சள் ஸ்பாஞ்சை மருந்துத் தண்ணீரில் முக்கிப் பிழிந்து, ரெக்சின் உறையின் தையல் இடுக்குவரை விரலை விட்டுத் துடைப்பாள். ஆயா இதற்காகக் கோபித்துக்கொண்டது கிடையாது. அக்காவுக்கு மற்றவர்களை உட்கார வைக்கத்தான் தெரியும், தனக்கு உட்காரத் தெரியாது என்று சொல்லிவிட்டு டீ குடிக்கப் போய்விடுவாள்.

அதில் பொய் இல்லை. இருபத்தாறு வருடமாக உட்கார வைப்பதுதான் அவள் உத்தியோகம். தலையில் அடிபட்ட பிள்ளையை வாரிக்கொண்டு ஓடி வருகிறவர்கள் எல்லோரும் கேட்பது ஒன்றுதான்: உடனே ஸ்கேன் எடுங்கள். டாக்டர் பார்ப்பார். சுவரில் ஒட்டிய பட்டியலில் கண்ணை ஓட்டுவார். பிள்ளை மயங்கியதா, வாந்தி எடுத்ததா, வலிப்பு வந்ததா, காதிலோ மூக்கிலோ தண்ணீர் மாதிரி வடிகிறதா, எவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தது, வழக்கம்போல் இருக்கிறதா. எதிலும் சிக்காத பிள்ளைக்கு ஸ்கேன் கிடையாது. வளர்கிற மண்டைக்குள் காரணமில்லாமல் கதிரைப் பாய்ச்ச வேண்டாம், நாலு மணி நேரம் கண்ணில் வைத்துப் பார்ப்போம் என்பது அங்கே முறை. டாக்டர் சொல்லிவிட்டு அடுத்த ஆளைப் பார்க்கப் போய்விடுவார். வாங்கிக் கட்டிக்கொள்வது இவள். அப்பன்மார் கத்தக் கத்த, இவள் வாயிலிருந்து வருவது ஒரே வார்த்தை: "பொறுங்க." அதுவே பேராகிவிட்டது. வருகைப் பதிவேட்டில் இருக்கும் பெயரைச் சொல்லிக் கேட்டால் வாசல் காவலாளிக்கே ஆளைத் தெரியாது. பொறுங்கக்கா என்றால் பிணவறைக்காரர்கூட வழி சொல்வார்.

பட்டியலில் அவளுக்குத் தொல்லை கொடுப்பது அந்தக் கடைசிக் கேள்விதான். பிள்ளை வழக்கம்போல் இருக்கிறதா என்று கேட்டால் அம்மா ஆமாம் என்பாள், அப்பா இல்லை என்பார். வழக்கம் எது என்பதில் இரண்டு பேருக்கும் கல்யாணத்திலிருந்தே தகராறாக இருக்கும். ஓர் அப்பா, பையன் தண்ணீர் வாங்கிக் குடித்துவிட்டு நன்றி சொல்கிறான், இது எங்கள் பிள்ளையே இல்லை, மூளையில் ஏதோ ஆகிவிட்டது என்று நெஞ்சில் அடித்துக்கொண்டார்.

இது போதாதென்று நிர்வாகம் ஒரு நல்ல காரியம் செய்தது. பிள்ளைகள் ஸ்கேன் இயந்திரத்தைப் பார்த்துப் பயப்படக்கூடாது என்று அதை ராக்கெட் மாதிரி வரைய வைத்தார்கள். வட்டத்தைச் சுற்றி நெருப்பு, சுவரெல்லாம் நட்சத்திரம், போய்விட்டு வருகிற பிள்ளைக்கு விண்வெளி வீரர் ஸ்டிக்கர். அன்றிலிருந்து பயம் போனது. ராக்கெட் வேண்டும் என்று தரையில் புரள்கிற பிள்ளைகள் வந்து சேர்ந்தார்கள்.

அன்று மத்தியானம் துடைத்த ஸ்பாஞ்சைப் பிழிந்துகொண்டிருந்தபோது கதவைத் தள்ளிக்கொண்டு வந்தது அவளுடைய சொந்தத் தம்பி. தோளில் அவனுடைய ஐந்து வயது மகள். நெற்றியில் எலுமிச்சம்பழ அளவுக்கு வீக்கம். பின்னால் தம்பி மனைவி. அவளுக்குப் பின்னால் அவளுடைய அப்பா. அவர் தையல்காரர், கழுத்தில் டேப் தொங்கியது. பேத்தி அவர் கடையில் துணி வெட்டுகிற மேஜைமேல் ஏறி ஆடியிருக்கிறாள். அவர் சாக்குக்கட்டி எடுக்கத் திரும்பிய நேரம், குட்டி கீழே.

பொறுங்கக்கா ஸ்பாஞ்சைக் கீழே போட்டாள். பிறகு டாக்டரைக் கூப்பிட்டாள். இது என் தம்பி பிள்ளை, முடிவை நீங்களே எடுங்கள் என்றாள். டியூட்டியில் இருந்த டாக்டர் சின்னப் பெண். நிதானமாகவே பார்த்தாள். விழுந்ததும் அழுதாளா, அழுதாள். மயக்கம் இல்லை, வாந்தி இல்லை. கண்ணில் டார்ச் அடித்தால் கண்மணி சுருங்குகிறது. மேஜை எவ்வளவு உயரம் என்று கேட்டாள். முப்பத்தாறு அங்குலம் என்றார் தையல்காரர். தூக்கத்தில் கேட்டாலும் சொல்வார். அஞ்சு அடிக்கு மேலே என்றால்தான் யோசிக்கணும், இது மூணு அடி, நாலு மணி நேரம் பார்க்கலாம் என்றாள் டாக்டர்.

டாக்டர் சொன்னது தம்பி காதில் ஏறவில்லை. அக்கா சொன்னதாகவே எடுத்துக்கொண்டான். "மூணு அடின்னு யார் சொன்னது? விழுந்தது தலை. தலை எங்க இருந்துச்சோ அங்க இருந்துதானே அளக்கணும்?"

மாமனாருக்கு அது நியாயமாகப் பட்டது. பேத்தியை நிமிர்ந்து நிற்க வைத்து உச்சிக்கு டேப்பைப் பிடித்தார். நாற்பத்திரண்டு. மேஜையையும் சேர்த்தால் எழுபத்தெட்டு. "டேப்பே அறுபதோட முடிஞ்சிடுதும்மா. இது டேப்புக்கு அடங்காத உயரம்" என்றார் டாக்டரிடம், ஏதோ துணி பற்றவில்லை என்று சொல்கிற குரலில். டாக்டர் பேனா மூடியைக் கடித்தாள்.

"அப்படிப் பார்த்தா நீ தரையில தடுக்கி விழுந்தாலும் அஞ்சரை அடியில இருந்து விழுறடா" என்றாள் பொறுங்கக்கா. "தெருவுல வழுக்கினவனுக்கெல்லாம் ஸ்கேன் எடுக்கச் சொல்றியா?"

தம்பி உட்கார்ந்தான். ஆனால் கடிகாரத்துக்கு நேர் எதிரே.

மற்றவர்கள் பிள்ளைக்குப் பொறுங்க என்று சொல்வது வேறு என்று அவளுக்கு அப்போதுதான் புரிந்தது. அரை மணிக்கு ஒருதரம் கண் பார்த்து, கை அமுக்கிப் பார்த்து, பேச்சுக் கொடுத்துத் தாளில் எழுதினாள். நடுவில் குடும்பம் தனியாகப் பரீட்சை நடத்தியது. மாமனார் தன் பெயரைக் கேட்டார். குட்டி டெய்லர் என்றாள். அம்மா வீட்டு முகவரியைக் கேட்டாள். அது அம்மாவுக்கே சரியாக வரவில்லை, பின்கோடில் தடுமாறினாள். தம்பி மூன்று விரலை நீட்டி எத்தனை என்று கேட்டான்.

"அஞ்சு" என்றாள் குட்டி.

அவன் அக்காவைப் பார்த்தான். முகம் வெளுத்துவிட்டது.

"ரெண்ட மடக்கி வச்சிருக்கீங்க" என்று குட்டி சேர்த்துக்கொண்டாள்.

மூன்றாவது மணி நேரத்தில் எதிர் அறைக் கதவு திறந்தது. சைக்கிளில் அடிபட்ட ஒரு சிறுமி சக்கர நாற்காலியில் ஸ்டிக்கரோடு வெளியே வந்தாள். கதவு மூடுவதற்குள் குட்டி ராக்கெட்டைப் பார்த்துவிட்டாள். நான் எப்போது போவது என்று கேட்டாள். அம்மாவுக்கு அந்த நேரத்தில் வாயில் சனி. வாந்தி எடுக்கிற பிள்ளைகளைத்தான் அதில் விடுவார்கள், நீ எடுக்கவில்லையே, நீ சமத்து என்று தலையைக் கோதினாள்.

பத்து நிமிடம் கழித்துச் சமத்து வாந்தி எடுத்தாள்.

தம்பி எழுந்த வேகத்தில் நாற்காலி சாய்ந்தது. பொறுங்கக்காவின் கை ஸ்கேன் அறை போனுக்குப் போய்விட்டது. ரிசீவரை எடுத்தும் விட்டாள். அப்போதுதான் குட்டியின் வலது கையைப் பார்த்தாள். இரண்டு விரல் கணுவரை ஈரம்.

"விரல உள்ள விட்டியா?"

குட்டி விரலைக் கவுனில் துடைத்துக்கொண்டாள். பிறகு, "ஒரு தடவை போதுமா அத்தை?" என்றாள்.

டாக்டர் வந்தாள். எல்லாவற்றையும் கேட்டாள். அம்மா சொன்னதைத் தகவலாக எடுத்துக்கொண்டு, ராக்கெட்டில் ஏற வழி யோசித்து, அதை யாருக்கும் தெரியாமல் செய்துமுடித்த மூளை நன்றாகத்தான் வேலை செய்கிறது என்றாள். தம்பி விடவில்லை. "எங்க பொண்ணுக்கு இந்தத் தந்திரமெல்லாம் தெரியாது டாக்டர். அதான் சொல்றேன், இவ வழக்கம்போல இல்ல."

தம்பி மனைவி கணவனை ஒருதரம் மேலும் கீழும் பார்த்தாள். "வழக்கம்போலத்தான். போன வாரம் ஸ்கூலுக்கு மட்டம் போடறதுக்கு தெர்மாமீட்டர டீ டம்ளர்ல விட்டா. நூத்தி எட்டு. நீங்க வீட்டுல இருந்தாத்தானே தெரியும்."

மாமனார் டேப்பைச் சுருட்ட ஆரம்பித்தார்.

இருந்தாலும் டாக்டர் விரலை மட்டும் நம்பத் தயாராக இல்லை. வாந்தி வாந்திதான், யார் வரவழைத்தது என்று பட்டியலில் கட்டம் கிடையாது. மேலே இரண்டு மணி நேரம் பார்க்கலாம், இன்னொருதரம் எடுத்தால், தலைவலி கூடினால், சோர்ந்து போனால் அந்த நிமிடமே ஸ்கேன் என்றாள்.

இனி வரும் வாந்தி எந்த வகை என்று எப்படிக் கண்டுபிடிப்பது? பொறுங்கக்கா யோசித்து, ஸ்கேன் அறைக்காரரிடம் போய்க் கெஞ்சினாள். இயந்திரத்தை நிறுத்திவிட்டு ஒரு நிமிடம் குட்டியைப் படுக்க வைத்துக்கொள்ளலாம், பதிலுக்குக் குட்டி விரலை வாய்ப் பக்கம் கொண்டுபோகக்கூடாது என்று ஒப்பந்தமானது. குட்டி கைகளை விறைப்பாக வைத்துக்கொண்டு நெருப்பு வரைந்த வட்டத்துக்கு நடுவில் படுத்தாள். ஸ்கேன்காரர் பத்திலிருந்து தலைகீழாக எண்ணினார்.

"படுத்ததுதான் படுத்தாச்சு" என்றான் தம்பி வாசலில் நின்றபடி, "சும்மா ஒண்ணு எடுத்துடலாமே."

குட்டி ஸ்டிக்கரோடு இறங்கினாள்.

கடைசி இரண்டு மணி நேரம் முறைப்படி நாலு தடவை பார்த்தால் போதும். பொறுங்கக்கா பதினோரு தடவை பார்த்தாள். தாளில் நாலைத்தான் எழுதினாள். குட்டி தூங்கினாள். தூங்குகிறாளா, நினைவு தப்புகிறாளா என்று பொறுங்கக்கா எழுப்பிப் பார்த்தாள். எழுந்தவள் திட்டினாள். அந்தத் திட்டு தெளிவாக இருந்தது, இலக்கணப் பிழைகூட இல்லை. அதற்காக இவள் முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரிக்க வேண்டியிருந்தது. டியூட்டி முடிந்து ஒரு மணி நேரம் ஆகியிருந்தது. மாற்று நர்ஸ் வந்து நீங்கள் போங்கள் அக்கா என்றாள். இவள் பொறு என்றாள்.

வெளியே தெருவிளக்கு எரிய ஆரம்பித்தபோது டாக்டர் கடைசியாகப் பார்த்துவிட்டு வீட்டுக்குப் போகலாம் என்றாள். குட்டி இரண்டு பன் தின்றிருந்தாள். வீக்கம் நீலமாகத் திரும்பியிருந்தது. மாமனார் அந்த மேஜையின் காலை அரை அடி வெட்டிவிடப் போவதாகச் சொன்னார்; அப்புறம் முதுகு ஒடிந்து அவர்தான் இங்கே வந்து படுக்க வேண்டியிருக்கும் என்றாள் மகள். தாத்தாவும் அம்மாவுமாகக் குட்டியைத் தூக்கிக்கொண்டு வண்டிக்கு நடந்தார்கள்.

அறையில் அக்காவும் தம்பியும் மட்டும். அவள் அறிவுரைத் தாளை வரி வரியாகப் படித்துக் காட்டினாள். ராத்திரி யாராவது பக்கத்திலேயே இருக்கணும். வாந்தி, வலிப்பு, எழுப்பி எழுந்திருக்காத தூக்கம், எது வந்தாலும் யோசிக்காமல் கிளம்பி வரணும். ஒரு வாரம் குதிக்க விடக்கூடாது. அவன் எல்லாவற்றுக்கும் தலையாட்டிவிட்டுக் கையெழுத்துப் போட்டான். பேனாவைத் திருப்பிக் கொடுக்கவில்லை.

"அக்கா, உன் பையன் நாற்காலியில இருந்து விழுந்தப்போ நீ எத்தனை மணி நேரம் பொறுத்த?"

அவள் தாளை மடித்தாள்.

"நான்தான வண்டி ஓட்டினேன்" என்றான். கோபமாகச் சொல்லவில்லை. உண்மையாகவே தெரிந்துகொள்ளக் கேட்கிறவன் மாதிரி கேட்டான்.

அந்த நாற்காலி ஒன்றரை அடி. பையனுக்கு அப்போது இரண்டு வயது. வாந்தி இல்லை, மயக்கம் இல்லை. கையிலிருந்த பிஸ்கட்டைக் கடிப்பதைக்கூட அவன் நிறுத்தவில்லை. அன்றைக்கும் ஒரு டாக்டர் இருந்தார். அன்றைக்கும் அவர், நர்ஸம்மா, உங்களுக்கே தெரியும், கொஞ்சம் பொறுங்கள் என்றுதான் சொன்னார். இது உங்கள் பிள்ளையா என் பிள்ளையா என்று இவள் அவர் மேஜையில் அடித்தாள். வாசலில் வண்டி நின்றதற்கும் பிள்ளை மயக்க மருந்தோடு இயந்திரத்துக்குள் போனதற்கும் நடுவே இருபது நிமிடம் இருந்திருக்கும்.

அது வேறு காலம் என்று சொல்லலாம். டாக்டர் சொன்னதையும் மறைத்துவிடலாம். அவன் அப்போது வெளியே வண்டியோடுதான் நின்றிருந்தான், அவர் சொன்னது அவன் காதில் விழுந்திருக்காது.

"சொல்லேன்" என்றான் தம்பி.

டார்ச்சையும் நனைந்த பஞ்சையும் ட்ரேயில் எடுத்து வைத்தாள். மேலே பேனாவுக்கு இடம் விட்டாள். அவன் பேனாவை வைக்கவில்லை. அவள் ட்ரேயை இடுப்போடு அணைத்துக்கொண்டு, தோளால் கதவைத் தள்ளி, வெளியே போனாள்.