அவசரமாக வழிமொழிந்தவன்

எலெயுத்தேரியோ என்பது ஞானஸ்நானப் பெயர். அதை முழுசாகக் கூப்பிட்டு முடிப்பதற்குள் வலையில் இருக்கிற மீன் கெட்டுப்போகும் என்பதால் எஸ்டான்சியா ஊரே அவனை டெர்யோ என்றுதான் கூப்பிட்டது. அவனுக்கு இருந்த ஒரே சொத்து தொண்டை. ஞாயிற்றுக்கிழமை சேவல் சண்டையில் அவன் பந்தயம் கூவினால் எதிர்த் தீவில் கோழிகள் முட்டையிடுவதை நிறுத்திவிடும்.

வார நாட்களில் ஐஸ் ஃபேக்டரியில் மெக்கானிக். ஐஸ் ஃபேக்டரி, இரண்டு பயணிகள் படகு, ஒரு மீன் டப்பா ஆலை, எல்லாவற்றின் தலைமேலும் ஒரு தாய்க் கம்பெனி இலோய்லோ நகரத்தில் ஏசி போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தது. அதன் செயலாளரும் வக்கீலுமான அட்டர்னி வில்லருஸ் ஒருநாள் ஃபேக்டரிக்கு வந்தபோது, மெஷின் சத்தத்தையும் மீறி டெர்யோ ஸ்பேனர் கேட்டுக் கத்தியது அந்த அம்மாள் காதில் விழுந்தது. அன்றே அவனுக்கு இன்னொரு வேலையும் கிடைத்தது: வழிமொழிகிற வேலை.

வருஷத்துக்கு ஒருநாள் பங்குதாரர் கூட்டம். அட்டர்னி ஒவ்வொரு விஷயமாக வாசிப்பார். கணக்குப் பிரிவு க்ளெண்டா எழுந்து “முன்மொழிகிறேன்” என்பாள். அவள் வாய் மூடுவதற்குள் டெர்யோ “வழிமொழிகிறேன்!” என்று முழங்க வேண்டும். தலைவர் டான் அமதேயோ “ஆட்சேபம் இல்லை, நிறைவேறியது” என்று சுத்தியலைத் தட்டிவிடுவார். இதற்காக டெர்யோ பெயரில் ஒரே ஒரு பங்கு எழுதிக் கொடுத்திருந்தார்கள். கொடுத்த கையோடு, திருப்பித் தருவதாகப் பின்பக்கத்தில் கையெழுத்தும் வாங்கி அட்டர்னி மேஜை இழுப்பறைக்குள் பூட்டிவிட்டார்கள். ஆக, அவன் பங்கின் முகத்தை அவன் பார்த்தது அரை நிமிஷம்.

பத்தொன்பது வருஷமாக அவனை மாதிரி வேகமாக வழிமொழிகிறவன் பிலிப்பைன்ஸிலேயே கிடையாது. பூசைக்குப் போனால் பாதிரியார் “ஜெபிப்போமாக” என்றதும் வழிமொழிந்துவிடுவான். அவனுக்குக் கல்யாணம் ஆனதே, மெர்லி “நாம கட்டிக்கலாமா?” என்று பேச்சுவாக்கில் கேட்டதற்கு வாய் முந்திக்கொண்டதால்தான் என்று ஒரு பேச்சு உண்டு.

மெர்லியைக் கட்டியதில் அவள் அம்மா நானாய் உர்சிங்கும், நானாயின் வீடும் சேர்ந்து வந்தன. நானாய் முப்பத்தோரு வருஷம் அதே ஃபேக்டரியில் ஐஸ் கட்டிகளை எண்ணியவள். கம்பெனி நல்ல மனசோடு இருந்த காலத்தில் தொழிலாளிகளுக்குக் கொடுத்த பங்கில் முந்நூறு அவள் பெயரில் இருந்தது. உண்மையான பங்கு. பத்திரம் அவள் தலையணைக்கு அடியில்.

அந்த வருஷம் போர்டு சத்தமில்லாமல் ஐஸ் ஃபேக்டரியை விற்றுவிட்டது. வாங்கியது யார் என்று யாரும் சொல்லவில்லை. டெர்யோவை மட்டும் அவன் தொண்டைக்காகக் கம்பெனி தன் படகுகளுக்கு மெக்கானிக்காக வைத்துக்கொண்டது. புது முதலாளி பெரிய டிராலர்களுக்கு மட்டும்தான் ஐஸ் கொடுத்தான். சின்னப் படகுக்காரர்கள், அதாவது மெர்லியின் தம்பிகள் மாதிரி பாதி ஊர், மீனுக்கு விசிறி வீசிக்கொண்டு கரைக்கு வந்தார்கள்.

கூட்டத்துக்கு ஒரு வாரம் முன்னால் நானாய் சோற்றுத் தட்டை நகர்த்திவிட்டுக் கேட்டாள். பெரியவர்கள் அவனைக் கூப்பிடுவது டோட்டோ, அதாவது தம்பி, என்றுதான்.

“டோட்டோ, ‘போன வருஷம் போர்டு செஞ்ச எல்லாத்துக்கும் ஒப்புதல்’னு ஒண்ணு வருமே, அதுக்கும் நீதானே வழிமொழியற?”

“ஆமா நானாய். அஞ்சாவதா வரும்.”

“அந்த எல்லாத்துக்குள்ளதான் நம்ம ஐஸ் ஃபேக்டரி இருக்கு. ஒரு யானையை உள்ள விட்டாக்கூட அந்த வாக்கியத்துல வெளிய தெரியாது. நான் எழுந்து யாருக்கு வித்தீங்கன்னு கேக்கப் போறேன்.”

“கேளுங்களேன்.”

“எங்க கேக்கறது? என் முட்டி நிமிர்றதுக்குள்ள நீ கத்திடுவ, அந்த ஆளு தட்டிடுவான். இந்தத் தடவை கொஞ்சம் இருமு. இல்ல தும்மு. இல்ல செத்துப்போ. எனக்கு அரை நிமிஷம் வேணும்.”

“வேலை போயிடும் நானாய்!”

“வீடு போயிடும் டோட்டோ.” நானாய் கொடியில் காய்ந்த அவன் சட்டைகளை ஒரு பார்வை பார்த்தாள்.

மறுநாள் அட்டர்னியின் போன். “டெர்யோ, உன் மாமியாரும் கூட்டத்துக்கு வர்றாங்கன்னு கேள்விப்பட்டேன். நல்லது. அஞ்சாவது விஷயத்துல மட்டும் வழக்கத்தைவிட இன்னும் கொஞ்சம் சீக்கிரமா.”

“வழக்கத்தைவிடவா? அப்போ க்ளெண்டாவுக்கு முன்னாடி சொல்லணும் அட்டர்னி!”

“ஜோக்கெல்லாம் அப்புறம். மெக்கானிக் வேலைக்கு வரிசையில ஆள் நிக்குது.”

ஆறு நாள் டெர்யோ தூங்கவில்லை. ஒரு பக்கம் திரும்பிப் படுத்தால் அட்டர்னி, மறு பக்கம் திரும்பினால் மாமியார், மல்லாந்தால் மெர்லி உட்கார்ந்து முறைத்துக்கொண்டிருந்தாள். காய்ச்சல் வரட்டும் என்று மழையில் நின்று பார்த்தான். தலைமுடி பளபளப்பானதுதான் மிச்சம்.

கூட்ட நாள் வந்தது. ஹோட்டல் மண்டபத்தில் முன்வரிசையில் க்ளெண்டா, அவளுக்குப் பக்கத்தில் டெர்யோ. நானாய் காலை ஏழு மணிக்கே வந்து மைக்கை ஒட்டிய நாற்காலியைப் பிடித்திருந்தாள். முதல் நான்கு விஷயமும் வழக்கம்போலப் பறந்தன. டெர்யோவின் முதுகில் வியர்வை ஆறாக ஓடி, பேண்ட்டுக்குள் ஏரியாகத் தேங்கியது. இருமுவதா, முழங்குவதா? அவனுக்கே தெரியவில்லை.

“ஐந்தாவது...” என்றார் அட்டர்னி.

நானாய் முட்டியை நம்பவில்லை. நான்காவது விஷயம் ஓடும்போதே எழ ஆரம்பித்திருந்தாள். அட்டர்னி வாசித்து முடித்தபோது மைக் அவள் கையில் இருந்தது. க்ளெண்டா வாயைத் திறக்குமுன் நானாய் முந்திக்கொண்டாள்.

“தலைவர் அவர்களே, ஐஸ் ஃபேக்டரி விற்பனையை மட்டும் தனியாகப் பிரித்து வாக்கெடுக்க வேண்டும் என்று முன்மொழிகிறேன்!”

“வழிமொழிகிறேன்!”

மண்டபத்து விளக்கெல்லாம் ஒருதரம் நடுங்கி நின்றது. யார் முழங்கியது என்று டெர்யோவும் திரும்பித் தேடினான். எல்லோரும் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பத்தொன்பது வருஷப் பழக்கம். ‘முன்மொழிகிறேன்’ காதில் விழுந்தது, வாய் வேலையைச் செய்துவிட்டது. மூளைக்குத் தகவலே போகவில்லை.

டான் அமதேயோவின் சுத்தியல் அந்தரத்தில் நின்றது. முன்மொழிந்து வழிமொழிந்தாகிவிட்டது, இனி விவாதிக்காமல் தாண்ட முடியாது. அவர் தேன் தடவிய குரலில் சொன்னார்: “டோட்டோ, வாய் தவறிடுச்சு, இல்லையா? திரும்பப் பெறுகிறேன்னு ஒரு வார்த்தை சொல்லிடு.”

யாரோ இன்னொரு மைக்கை அவன் மூக்குக்குக் கீழே நீட்டினார்கள். அட்டர்னி கண்ணாலேயே வேலைநீக்கக் கடிதம் டைப் அடித்துக்கொண்டிருந்தார். நானாய் அவனைப் பார்க்கவே இல்லை.

இது தானாக வருகிற வார்த்தை இல்லை. இதை அவனேதான் சொல்லியாக வேண்டும். டெர்யோ வாயை மூடினான். பல்லைக் கடித்தான். போதாதென்று கையால் வேறு பொத்திக்கொண்டான். மண்டபம் காத்திருந்தது. அவன் கொட்டாவிகூட விடவில்லை.

“சரி, அவன் ஊமையாகவே இருக்கட்டும்,” என்றாள் நானாய். “வாங்கினது யாருன்னு சொல்லுங்க.”

டான் அமதேயோ தண்ணீர் குடித்தார். மறுபடியும் குடித்தார். கடைசியில், தன் மனைவியின் தம்பி என்றார். பின்வரிசைகள் தேன்கூடு மாதிரி இரைந்தன. கம்பெனியில் நிறையப் பங்கு வைத்திருந்த ஓய்வூதிய நிதியின் பிரதிநிதி, மணிலாவிலிருந்து வந்து அதுவரை செல்போனை நோண்டிக்கொண்டிருந்தவர், எழுந்தார். “போர்டு இதை எங்ககிட்ட சொல்லவே இல்லையே! இதுக்குத் தனியா சிறப்புக் கூட்டம் வைங்க. தலைவர் குடும்பத்துப் பங்குகள் அன்னைக்கு வாக்களிக்கக் கூடாது.” தேதி அங்கேயே குறிக்கப்பட்டது. செப்டம்பர் பன்னிரண்டு.

சாப்பாட்டுப் பெட்டி கொடுக்கிற இடத்தில் டெர்யோ அட்டர்னி முன்னால் போய் நின்றான். “என்னை அனுப்பிடுங்க அட்டர்னி. வேலையும் வேண்டாம், பங்கும் வேண்டாம்.”

“அனுப்பறதா? இப்ப உன்னைத் தொட்டா, கேள்வி கேட்டதுக்குப் பழிவாங்கிட்டோம்னு நாளைக்கே பேப்பர்ல வரும். நீ இருந்தே ஆகணும். செப்டம்பர்லயும் இதே நாற்காலி. எங்க தீர்மானத்துக்கு.”

“எங்களோடதுக்கும்தான்,” என்றாள் பின்னால் வந்து நின்ற நானாய்.

“ரெண்டுக்கும் ஒருத்தனே எப்படி நானாய்?”

அவன் கேட்டதை இருவரும் காதில் வாங்கவில்லை. விசேஷத்துக்குப் போடுகிற பரோங் சட்டை நல்லதாக ஒன்று தைத்துக் கொடுத்துவிடலாம் என்று அட்டர்னி அவனை மேலும் கீழும் பார்த்து அளவெடுத்தார்.

“கழுத்துல மட்டும் கொஞ்சம் தாராளமா விடச் சொல்லுங்க அட்டர்னி,” என்றாள் நானாய். “அவன் கத்தணும்ல.”